அண்ணன் பாக்கி வைத்த மகரம்

சென்ற பதிவுக்குப் பின்னூட்டமிட்ட ஒருவர் கேட்டிருந்தார்: "அம்மா, மலாக்காவைப் பற்றி இவ்வளவு எழுதுகிறீர்களே, முதன்முதலில் எப்போது போனீர்கள்?" மலாயாவுக்கு மெர்டேக்கா, அதாவது சுதந்திரம், கிடைத்ததற்கு அடுத்து வந்த பொங்கலுக்கு, 1958இல். அப்போது எனக்கு இருபத்தைந்து வயது. இப்போது என்ன வயது என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள், விடையை எனக்குச் சொல்ல வேண்டாம். விலைவாசியெல்லாம் அன்றையதுதான் தருகிறேன். அதைக் காட்டி இன்றைய வாடகைக் காரோட்டிகளிடம் சண்டைக்குப் போகாதீர்கள்.

போனது ஒரு கல்லைப் பார்க்க. ஏதோ பெரிய சிற்பம் என்று நினைத்துவிடாதீர்கள், மழையில் தேய்ந்த ஒரு கல் மகரம். யானையின் துதிக்கையும் மீனின் உடம்பும் கொண்ட, உலகத்தில் எங்கேயும் இல்லாத விலங்கு. அதைப் பற்றி எனக்கு முதலில் சொன்னவன் என் அண்ணன் செல்வராசு. சிரம்பானில் ஒரு மளிகை மொத்தக் கடையில் லாரி உதவியாளாக இருந்தான். சரக்கு ஏற்றிக்கொண்டு மலாக்கா போய்த் திரும்பும்போதெல்லாம் எனக்கு ஒரு கட்டி தென்னைவெல்லமும், 'மகரம்' என்ற சொல்லுக்கு ஒரு பொருளும் கொண்டுவருவான். எனக்கு அப்போது பத்து வயதுகூட ஆகவில்லை. வெல்லத்தைத் தின்றுவிட்டுப் பொருளை மறந்தால் அடுத்த தடவை வெல்லம் கிடையாது, அதுதான் ஒப்பந்தம்.

முதல் தடவை மகரம் என்றால் சுறா என்றான். அடுத்த தடவை முதலை என்றான். "போன வாரம் சுறான்னியே" என்று சண்டை பிடித்தேன். "ரெண்டுந்தான். எவன் முழுசாப் பாத்தான்?" என்றான். பிறகு மகர ராசி வந்தது, அதையொட்டித் தை மாதம் வந்தது. சாமி காதில் தொங்கும் மகரக்குழை, சாமிக்குப் பின்னால் வளைந்து நிற்கும் மகரதோரணம், மன்மதன் கொடியில் இருக்கும் மீன், ஒருவகை யாழ், போரில் படையை நிறுத்தும் ஒரு முறை. எல்லாம் கோயிலில் கதை சொல்ல வருகிறவர்களிடம் அவன் பொறுக்கியவை. கடைசியாக ஒன்று பாக்கி வைத்தான். "மலாக்கால மலையடிவாரத்துல கல்லாவே ஒண்ணு கெடக்கு. அதச் சொன்னா புரியாது. நானே கூட்டிட்டுப் போயி நேர்ல காட்டுறேன்" என்றான். அதற்குள் ஜப்பான்காரன் வந்துவிட்டான். சயாமில் ரயில் பாதை போடுவதற்கு லாரியில் ஏற்றிக்கொண்டு போனவர்களில் அவனும் ஒருவன். போனவன் போனவன்தான், ஒரு சேதியும் இல்லை.

இதில் என் கல்யாணமும் சிக்கிக்கொண்டிருந்தது. எங்கள் பக்கத்தில் பெண்ணின் கையில் பொரியிடுவது உடன்பிறந்தவன் வேலை. "என் மகன் வந்து பொரி போடட்டும்" என்று அம்மா ஒரே பிடியாக நின்றாள். பெரியப்பாவோ, வருகிற தை அமாவாசைக்குத் திதி கொடுத்துவிட்டால் தன் மகன் பொரி போடுவான் என்றார். மாப்பிள்ளை நான் தாதியாக இருந்த மருத்துவமனையில் மருந்து கலக்கிக் கொடுப்பவர், இரண்டு வருடமாகப் பொறுமையாகக் காத்திருந்தார். மன்மதன் கொடி என்ற பொருள் எனக்கு அந்த இரண்டு வருடத்தில்தான் விளங்கியது. அண்ணன் காட்டுகிறேன் என்ற கல்லை நான் தனியாகப் போய்ப் பார்த்துவிட்டால், அவன் வரமாட்டான் என்று ஒப்புக்கொண்டதாக ஆகும். ஒப்புக்கொண்டு, திரும்பி வந்து, அம்மாவிடம் திதியைப் பற்றிச் சொல்லிவிடுவது என்று முடிவு செய்தேன். அதற்குத்தான் இரண்டு நாள் விடுமுறை எடுத்தேன்.

தன் வீட்டில் தங்கக் கமலா அழைத்தாள். என்னோடு தாதி வேலை பார்த்த மலாக்காச் செட்டிப் பெண். அவர்கள் வீடு காஜா பெராங்கில். முன்னோர் தமிழ்நாட்டிலிருந்து வந்து எத்தனையோ தலைமுறை ஆகிவிட்டதால் வீட்டில் மலாய்தான் பேசுவார்கள், தமிழ் அந்தப் பேச்சில் ஊறுகாய் அளவுக்குத்தான் இருக்கும். ஆனால் பொங்கலுக்கு முதல் நாள் 'பராச்சு' என்று முன்னோருக்குப் படையல் போடுவதை விட்டதில்லை. "எங்க வீட்ல தங்கு லா. பராச்சு முடிஞ்சி மறுநாள் உன் மீனப் போய்ப் பாரு" என்றாள். அவள் இரண்டு நாள் முன்னதாகவே ஊருக்குப் போய்விட்டாள்.

பொங்கலுக்கு முதல் நாள் நான் சிரம்பானில் காலை ஏழரைப் பேருந்தில் ஏறினேன். கட்டணம் இரண்டு வெள்ளி, தூரம் ஐம்பது மைல் சொச்சம். காட்டிலிருந்த கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலம் இன்னும் முடியாததால் வழியில் நிறுத்திப் பைகளைத் துழாவினார்கள். அரிசி கொண்டு போகிறேனா என்று பார்த்தார்கள், அம்மா கட்டிக்கொடுத்த முறுக்கை முகர்ந்து பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தார்கள். பத்தேகாலுக்கு மலாக்கா வந்துவிட்டது. ஜாலான் பெண்டஹாரா தெருவில் பூவும் வெற்றிலையும் வாங்கிக்கொண்டு ஒரு மூன்று சக்கரத் திரிஷாவைப் பிடித்தேன். மிதித்தவர் தமிழ் முஸ்லிம், ஐம்பது வயதிருக்கும்.

"எங்க தங்கச்சி போவணும்?"

"காஜா பெராங். எவ்வளவு பாய்?"

"அம்பது காசு. கோவக்கார ஆனைத் தெருன்னு பேரு. ஆனைக்குப் பயப்படாம போறதுக்குக் கூலி வேணாமா?"

நாற்பதுக்கு இறங்கி வந்தார். மலாயில் அந்தப் பெயருக்குச் சீற்றங்கொண்ட யானை என்று அர்த்தம். பாதி யானையான ஒரு மிருகத்தைத் தேடி வந்தவள் முழு யானையின் தெருவில் தங்கப்போகிறேனே என்று எனக்குச் சிரிப்பு வந்தது. அண்ணன் இருந்தால் இதை வைத்தே ஒரு வாரம் கேலி செய்திருப்பான். திரிஷாவில் அவனுக்கு இடம் விட்டு ஓரமாக உட்கார்ந்திருந்தேன் என்பதை இறங்கும்போதுதான் கவனித்தேன்.

கமலாவின் அம்மா கெபாயா சட்டையும் சாரோங் கைலியும் உடுத்தி, நெற்றியில் திருநீற்றோடு வாசலுக்கு வந்தார். ஊர் வழக்கப்படி அவரை மாச்சிக், அதாவது அத்தை, என்று கூப்பிட்டேன். வீடு முழுக்க தேங்காய்ப்பால் சோற்றின் வாசனை. அன்று முழுக்க நானும் கமலாவும் வாழையிலை துடைத்தோம், மீன் சுத்தம் செய்தோம். மாச்சிக்குக்கு என் மலாய் பிடித்திருந்தது. அவர் சிரித்ததைப் பார்த்தால் அது பாராட்டா கேலியா என்று சொல்ல முடியவில்லை.

மாலையில் சாமி அறையில் பாய் விரித்து, குடும்பத்தில் இறந்தவர்களுக்கு வரிசையாக இலை போட்டார்கள். அந்த வீட்டு வழக்கத்தைக் கமலா காதில் சொன்னாள். படைத்துக் கும்பிட்டபின் எல்லாரும் வெளியே வந்து கதவைச் சாத்திவிட வேண்டும். உயிரோடிருப்பவர்கள் பார்த்துக்கொண்டிருந்தால் வந்தவர்கள் கூச்சப்பட்டுச் சாப்பிட மாட்டார்கள். சற்று நேரம் கழித்து இருமிக் காட்டிவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும்.

வரிசையின் கடைசியில் கமலாவின் மாமா இன்னொரு இலையைப் போட்டார். அது யாருக்கென்று கமலாவைக் கேட்டேன். கமலாவுக்கும் ஓர் அண்ணன் உண்டு, பெயர் ராஜன், அவனும் சயாமுக்குப் போனவன் என்பது எனக்கு அப்போதுதான் தெரியும். தாதியர் விடுதியில் இரண்டு வருடம் பக்கத்துப் பக்கத்துக் கட்டிலில் படுத்தவள் சொல்லவே இல்லை. நானும் அப்படித்தான், அவளிடம் கல்லைப் பற்றி எப்போதோ சொன்னேனே தவிர, அண்ணனைப் பற்றி முந்தின வாரம்தான் சொன்னேன். ஒவ்வொரு பராச்சுக்கும் மாச்சிக் மகனுக்கு இலை போட மறுத்து, ஒரு பீங்கான் தட்டில் சோறு போட்டுச் சமையலறையில் மூடி வைப்பாராம். இலை செத்தவர்களுக்கு, தட்டு தாமதமாக வருகிறவனுக்கு.

மாமா தணிவாகத்தான் சொன்னார். மலாயில் அவர் சொன்னது இதுதான்: "அக்கா, நாமும் போய்ட்டா அவனுக்கு யாரு போடுவா? ஒருவேளை பதினஞ்சு வருஷமா பசியோட வந்து வந்து போறானோ என்னமோ."

மாச்சிக் அந்த இலையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சமையலறைக்குப் போய், நீல விளிம்பு போட்ட தட்டில் சோறும் மீனும் எடுத்து வந்தார். இலையில்தான் வைக்கப்போகிறார் என்று நினைத்தோம். அவர் என்னைப் பார்த்தார்.

"உங்க அண்ணன் பேரு என்ன?"

"செல்வராசு, மாச்சிக்."

திரும்பிப் போய் இன்னும் இரண்டு கரண்டி சோறு வைத்துக்கொண்டு வந்தார். "ரெண்டு பேரும் சயாமுக்குத்தானே போனாங்க. பழகியிருப்பாங்க. ஒரே தட்டுல சாப்பிடட்டும்" என்றார். தட்டைக் கொண்டுபோய்ச் சாமி அறையின் நிலைப்படியில் வைத்தார். உள்ளேயும் இல்லை, வெளியேயும் இல்லை.

"கதவச் சாத்த முடியாதே அக்கா" என்றார் மாமா, கதவைப் பிடித்தபடி. "சாத்தாட்டி அவங்க யாரும் சாப்பிட மாட்டாங்களே."

"நாம பாத்தாத்தானே கூச்சம்? எல்லாரும் திரும்பி நில்லுங்க" என்றார் மாச்சிக். முதல் ஆளாக வாசலைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். மாமா கதவை விட்டுவிட்டுத் திரும்பினார். கமலா திரும்பினாள். கடைசியில் நானும் திரும்பினேன்.

எதிரே கோழி ஒன்று முற்றத்தைக் கிளறிக்கொண்டிருந்தது. பின்னால் ஒரு சத்தமும் இல்லை. என் பிடரி மட்டும் கூசியது. திரும்பிப் பார்த்துவிட மாட்டோமா என்று உயிர் துடித்தது. பதினைந்து வருடத்தில் அண்ணன் எனக்கு இவ்வளவு பக்கத்தில் இருந்ததே இல்லை. மாமா இருமினார், எல்லாரும் திரும்பினோம். சோறு வைத்தபடியே இருந்தது. மாச்சிக் தட்டை எடுத்து மூடி, வழக்கம்போலச் சமையலறையில் வைத்தார். அதன்பிறகு நாங்கள் வயிறாரச் சாப்பிட்டோம், அழுதுகொண்டேதான்.

மேற்கொண்டு எழுதினால் எனக்குப் பயணக் குறிப்புத் தரும் மனநிலை இருக்காது, அதனால் இங்கேயே சொல்லிவிடுகிறேன். இன்று போகிறவர்கள் ஆயர் குரோவில் நெடுஞ்சாலையை விட்டு இறங்கினால் காஜா பெராங் பக்கம்தான். பொங்கலுக்கு முதல் நாள் செட்டிக் கிராமத்துக்குப் போனால் வீட்டுக்காரர்கள் கூப்பிட்ட பிறகு உள்ளே போங்கள், சாத்திய கதவைத் தட்டிப் படம் எடுக்க அனுமதி கேட்காதீர்கள். வெயில் கொடுமை, குடை எடுத்துக்கொள்ளுங்கள். கல் மகரத்தை இடம் மாற்றி மாற்றி வைக்கிறார்கள், நகரத்து அருங்காட்சியகங்களில் எதில் இருக்கிறது என்று முன்பே விசாரித்துவிட்டுப் போங்கள். தென்னைவெல்லம் வாங்கினால் உடைத்து முகர்ந்து பார்த்து வாங்குங்கள், சீனி கலந்ததைத் தலையில் கட்டிவிடுவார்கள்.

மறுநாள் பொங்கல். சூரியன் மகரத்துக்குள் நுழைகிற நாள், அதுவும் அவன் சொன்ன பொருள்தான். நேற்றைய திரிஷாக்காரரே வந்திருந்தார். மலையடிவாரத்தில் நிறுத்தி, "அந்தா கெடக்கு தங்கச்சி. இதப் பாக்கவா சிரம்பான்லேருந்து வந்த?" என்றார். கண்ணைத் தாழ்த்திக்கொண்டு நடந்தேன். கல்லின் நிழல் காலில் பட்டதும் திரும்பி, அதற்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

"கல்லு பின்னாடி இருக்கு தங்கச்சி!"

"தெரியும் பாய்."

"தெரிஞ்சா சீக்கிரம் பாரு. எனக்குப் பொழப்பு இருக்குல்ல?"

முந்தின நாள் நின்ற அளவுக்கு நின்றேன். பிறகு இருமிவிட்டுத் திரும்பினேன். சுருண்ட துதிக்கை, பிளந்த வாய், செதில் தேய்ந்த உடம்பு. சுறா என்று பார்த்தால் சுறா, முதலை என்று பார்த்தால் முதலை. யாரும் முழுதாகப் பார்க்காத மிருகம் என்பதால்தான் ஆளுக்கொரு பொருள் சொல்லியிருக்கிறார்கள். என் அண்ணனையும் அப்படித்தான் செய்து வைத்திருந்தோம். பெரியப்பாவுக்கு அவன் இறந்தவன், அம்மாவுக்கு நாளை வருகிறவன், அக்கம்பக்கத்தாருக்குச் சயாமில் பெண் கட்டிக்கொண்டவன். அவனே வந்து சொல்லும்வரை எதையும் நான் பொய் என்று அடித்துவிட வேண்டியதில்லை என்று அந்த வாயைப் பார்த்துக்கொண்டிருந்தபோது தோன்றியது. ஆனால் அவன் கை என் தோளில் இல்லையே என்ற ஏக்கம் மட்டும் அப்படியே இருந்தது, இன்றும் இருக்கிறது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் திதியைப் பற்றிப் பேசவில்லை, தட்டைப் பற்றித்தான் சொன்னேன். அம்மா பஞ்சாங்கத்தை எடுத்துப் பிரித்து, "எந்த மாசத்துல வைக்கலாம்?" என்று கேட்டாள். வைகாசியில் கல்யாணம். பொரித்தட்டை அம்மா எங்கள் வீட்டு நிலைப்படியில் வைத்தாள், பெரியப்பா மகன் அங்கிருந்து எடுத்து வந்து என் கையில் போட்டான். திதி கொடுக்கவில்லை.

இன்றும் கால் ஒத்துழைக்கிற பொங்கலுக்கெல்லாம் மலாக்கா போகிறேன். நீங்கள் போகும்போது அந்தக் கல்லுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஒரு கிழவி நிற்பதைப் பார்த்தால் வழி தெரியாதவள் என்று நினைத்துத் திருப்பிவிடாதீர்கள். கொஞ்சம் காத்திருங்கள். எங்கள் அண்ணன் பார்த்து முடிக்கட்டும்.