இரண்டு வீட்டிலும் ஒரே ரயில்

எங்கள் அம்மா லேசில் பயப்படுகிறவள் அல்ல. விசாப் புதுப்பிக்கிற பிரிபெக்தூர்க் கந்தோரில் கண்ணாடிக்குப் பின்னால் இருந்து உறுக்குகிற பெண்களோடு அரைகுறைப் பிரெஞ்சில் சரிக்குச் சரி நிற்பாள். அவள் பயந்தது யாழ்ப்பாணத்தில் அம்மப்பாவின் வீட்டுக்கு முன்னால் கிடந்த ஒழுங்கைக்கு மட்டும்தான். பதினொரு வீடுகள் உள்ள, ஒரு கார் வந்தால் சைக்கிள்காரன் இறங்கி வேலியோடு ஒட்டி நிற்கவேண்டிய ஒழுங்கை. நாங்கள் பாரிசில், லா சப்பலில், மூன்றாம் மாடியில் இருந்தோம். அந்தத் தூரம் அம்மாவுக்குப் போதவில்லை.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. அம்மப்பா வீட்டில் தொலைபேசி இல்லை. கடிதம் வந்தால் வந்தது, வராவிட்டால் இல்லை. அதனால் சொல்ல வேண்டியதைக் கசெற்றில் பேசிப் பதிந்து, ஊருக்குப் போகிற யாரிடமாவது கொடுத்துவிடுவோம். யார் எப்போது போகிறார்கள் என்ற விபரம் ரூ பெர்தொனே என்ற தெருவில் இருந்த தமிழ்க் கடையில் கிடைக்கும். கசெற் போய்ச் சேருகிற அன்றைக்கு ஒழுங்கைச் சனம் முழுவதும் அம்மப்பாவின் முற்றத்தில் பாயைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடும். யாரையும் கூப்பிடத் தேவையில்லை, யாரையும் போ என்று சொல்லவும் முடியாது. வெளிநாட்டிலிருந்து வந்த குரல் எல்லோருக்கும் சொந்தம் என்பதுதான் அந்தக் காலத்து நியாயம்.

அம்மாவின் தங்கை, என் சித்தி, இங்கிலாந்தின் வடக்கில் ஒரு சின்ன ஊரில் தாதிப் படிப்புப் படித்துக்கொண்டிருந்தாள். ஊருக்குப் போகிறவர்கள் ஒரு கசெற்றுக்கு மேல் வாங்க மாட்டார்கள். ஆகவே சித்தி தன் பேச்சை எங்களுக்கு அனுப்புவாள். நாங்கள் ஒரு பக்கத்தில் எங்கள் பேச்சையும் மறுபக்கத்தில் சித்தியின் பேச்சையும் பதிந்து அனுப்புவோம். அம்மப்பாவின் பதிலும் எங்களிடம் வந்து, பிறகு சித்திக்குப் போகும்.

அந்த வருடம் இலைகள் கொட்டத் தொடங்கிய நேரத்தில் வந்த கசெற்றில்தான் சித்தி பந்துக் கதையைத் தொடங்கினாள். கால்பந்துக்கு இங்கிலாந்துப் பெண்கள் கிண்ணம் என்று ஒன்று இருக்கிறதாம். நாடு முழுவதிலும் உள்ள பெண்கள் அணிகள் அதில் சேரலாமாம். ஒரு தரம் தோற்றால் அந்த வருடத்துக்கு அவ்வளவுதான், வீட்டுக்குப் போகவேண்டியது. பள்ளிக்கூடத்தில் நெட்போல் விளையாடிய சித்தியின் கை பந்தைக் கண்டால் விடாது என்று விடுதிப் பெண்கள் கண்டுபிடித்து, அவளைக் கோல் காக்க நிறுத்திவிட்டார்கள். முதலாம் சுற்று சேற்றுக்குள் நடந்ததாம். ஐந்துக்கு இரண்டு என்று வென்றுவிட்டார்களாம். இவ்வளவையும் மூச்சுவிடாமல் சொல்லிவிட்டு, குரலைத் தாழ்த்தி அம்மப்பாவோடு பேசினாள்.

"ஐயா, ஏசாதேங்கோ. நான் ஓடித் திரியிறேல்லை, கோல்தான் காக்கிறன். கோல் காக்கிற ஆள் நீளக் காற்சட்டை போடலாம் ஐயா, நான் அதைத்தான் போடுறனான். உங்களுக்குப் பிடிக்கேல்லையெண்டால் ஒரு சொல்லுச் சொல்லுங்கோ, விட்டிடுறன். ஒண்டும் சொல்லாட்டில் சம்மதமெண்டு எடுப்பன்."

அம்மா கன்னத்தில் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

"இவளுக்கென்ன விசரோ? கட்டையோ நீளமோ எண்டு அங்கை ஆர் பாக்கப் போகினம்? முன் பாயிலை மாப்பிள்ளையின்ரை தாயெல்லோ இருந்து கேக்கும்!"

உண்மைதான். சித்திக்கு அதே ஒழுங்கையில் மூன்றாவது வீட்டில் கலியாணம் பேசிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை ஜெர்மனியில் இருந்தான். அவனுடைய தாய் கசெற் வந்தால் முதல் ஆளாக வந்து உட்காருகிறவர். அம்மா என்னைக் கூப்பிட்டு, பந்துக் கதை வந்தால் நிப்பாட்டு என்று ஒரே சொல்லில் முடித்தாள்.

எனக்குப் பத்து வயது. வீட்டில் கசெற் பதிவது என் பொறுப்பு, ஏனென்றால் அம்மா பதியப் போனால் பாதி நேரம் தவறான பொத்தானை அமத்திவிடுவாள். புதன்கிழமைகளில் பள்ளிக்கூடம் இல்லை. சாப்பிட்டபின் இரண்டு கசெற் றேடியோக்களையும் மேசையில் முகத்துக்கு முகம் வைப்பேன். ஒன்றில் சித்தி பேசுவாள், மற்றது கேட்டுப் பதியும். ஒரே ஒரு தொல்லை இருந்தது. எங்கள் ஜன்னலுக்கு நேரே பாலத்தில் மெட்ரோ ஓடியது. இரண்டு மூன்று நிமிடத்துக்கு ஒரு தரம் கிளாசுகள் கிலுங்கும், சித்தியின் பேச்சுக்குள் மெட்ரோ புகுந்துவிடும்.

முதலில் அது எனக்கு எரிச்சலாக இருந்தது. பிறகுதான் மூளை வேலை செய்தது. வெறுமனே வெட்டினால், பேச்சு தடுக்கி விழுந்ததுபோல ஒரு கிளிக் கேட்கும். அதுவே மெட்ரோ வரும்வரை காத்திருந்து, அந்தச் சத்தத்தைப் பதியவிட்டு, அது அடங்கியதும் மிச்சப் பேச்சைத் தொடங்கினால் ஒருவருக்கும் ஒன்றும் தெரியாது. "நான் சுகம் ஐயா, இஞ்சை சரியான குளிர்." மெட்ரோ. "மாமிக்கும் நான் கேட்டதாகச் சொல்லுங்கோ." இதைக் கேட்டு அம்மா என் தலையைத் தடவி, கெட்டிக்காரி என்றாள். அம்மா லேசில் அப்படிச் சொல்ல மாட்டாள். நான் அன்று முழுவதும் வானத்தில் பறந்தேன்.

வெட்டியது ஊருக்குத்தான். நான் ஒரு சொல் விடாமல் கேட்டேன். கணக்குக் கொப்பியின் கடைசிப் பக்கத்தில் சுற்றுகளைக் கோடுபோட்டு வைத்திருந்தேன். தோற்ற அணிகளைச் சிவப்பால் வெட்டுவேன். கட்டிலில் ஏறி நின்று, அப்பாவின் காலுறையை உருட்டிச் சுவரில் எறிந்து, திரும்பி வருவதைப் பாய்ந்து பிடிப்பேன். அப்பா ஒரு உணவகத்தில் கோப்பை கழுவுகிறவர், பிற்பகலில் நித்திரை கொள்கிறவர். ஒருநாள் நான் அவருடைய வயிற்றில் விழுந்தபோது, இங்கிலாந்துக்காரிக்குக் கால்பந்து, எனக்கு வயிற்றிலை அடியோ என்று முனகிவிட்டுத் திரும்பிப் படுத்தார்.

அம்மப்பாவின் முதல் பதில் மார்கழியில் வந்தது. பின்னணியில் கோழிகள், யாரோ இருமுகிற சத்தம், மாப்பிள்ளையின் தாய் ஏதோ கேட்டுச் சிரிக்கிற சத்தம். அவர் ரயில்வேயில் ஸ்ரேசன் மாஸ்ரராக இருந்து இளைப்பாறியவர், எதையும் அறிவிப்பு மாதிரித்தான் பேசுவார். சித்திக்கு என்று சொன்னது கொஞ்சம். "பிள்ளை, உன்ரை வீட்டுக்குப் பக்கத்தாலை ரயில் ஓடுது போலை. கேக்க ஆசையாய்க் கிடக்கு. இஞ்சை இப்ப ஒழுங்காய் ரயில் வாறேல்லை."

பந்தைப்பற்றி ஒரு சொல்லும் இல்லை. எப்படி இருக்கும்? ஆனால் சித்தி சந்தோஷத்தில் குதித்தாள். தையில் வந்த கசெற்றில் அவள் குரலே மாறிப்போயிருந்தது. ஐயா ஒண்டும் சொல்லேல்லை, அப்ப சம்மதம்தான் என்றாள். ஐயாவுக்குக் காது மங்கிவிட்டது போல, விடுதியைச் சுற்றி ஆட்டுப் புல்வெளிதான் இருக்கிறது, ரயில் பாதை பக்கத்தில் எங்கும் இல்லை என்று சொல்லிச் சிரித்தாள். இரண்டாம் சுற்றில் பெனால்ட்டி பிடித்தாளாம். மூன்றாம் சுற்றில் கூடுதல் நேரம் கொடுத்துத்தான் வென்றார்களாம். காலிறுதியில் சின்னவிரல் மடங்கிப்போய், அதைப் பக்கத்து விரலோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு கடைசிவரை நின்றாளாம். இனி அரையிறுதி. அதற்கு முன்னால் அவளுக்கு ஒன்று வேண்டியிருந்தது.

"ஐயா, சம்மதமெண்டு எனக்குத் தெரியும். எண்டாலும் உங்கடை வாயாலை ஒருக்கால், நல்லா விளையாடு பிள்ளை எண்டு சொல்லிவிடுங்கோ. எனக்கு அது போதும்."

நிறைய வெட்டவேண்டி இருந்தது. அந்தப் புதன்கிழமை ஏழு மெட்ரோ பிடித்தது. ரயிலைப்பற்றிய சிரிப்பையும் வெட்டினேன், அது பந்துக் கதைக்கு நடுவில் வந்ததால். சித்தியின் பக்கத்தில் எஞ்சியது நான்கு நிமிடப் பேச்சும் ஏழு மெட்ரோவும்தான்.

பங்குனிக் கடைசியில் பதில் வந்தது. இந்த முறை கோழியும் இல்லை, இருமலும் இல்லை. அம்மப்பா அறைக் கதவைச் சாத்திவிட்டுத் தனியே இருந்து பேசியிருக்கிறார் என்று எனக்கே விளங்கியது. சுகம் விசாரிக்கவில்லை, நேராகத் தொடங்கினார்.

"மூத்தவளின்ரை வீட்டுக்குப் பக்கத்தாலை ஓடுறதும் இளையவளின்ரை வீட்டுக்குப் பக்கத்தாலை ஓடுறதும் ஒரே ரயில். ஐஞ்சு பெட்டி. இரும்புப் பாலத்திலை ஓடுது. எத்தினை வருசம் ரயிலோடை இருந்தனான், எனக்குப் பிழைக்காது."

அப்பா படுத்திருந்தபடியே சிரித்தார். "பிரான்சுக்கும் இங்கிலாந்துக்கும் ஒரே ரயிலாம். மாமாவுக்கு வயசு போட்டுது." நானும் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை. பிறகு அம்மப்பாவின் குரல் திரும்ப வந்தது.

"சின்னமகள், நீ அங்கை என்ன செய்யிறாயெண்டு எனக்கு விளங்கீட்டுது. கலியாணப் பேச்சை நிப்பாட்டிப் போட்டன். இனி எனக்கு ஒண்டையும் விளங்கப்படுத்த வேண்டாம். நல்லாயிரு."

அவ்வளவுதான். அவருக்கு என்ன விளங்கியது என்பதைப் பல வருடங்களுக்குப் பிறகு, அந்த ஒழுங்கையிலிருந்து வந்து பாரிசுக்குப் பக்கத்தில் பொபினியில் குடியிருந்த ஒருவர் சொல்லித்தான் அறிந்தேன். தமக்கை பேச்சை வெட்டுகிறாள் என்று அம்மப்பா ரயிலை வைத்துக் கண்டுபிடித்துவிட்டார். வெட்டுகிற அளவுக்கு ஒரு பெண் என்ன சொல்லியிருப்பாள்? யாரோ ஒரு வெள்ளைக்காரனோடு இருக்கிறாள் என்று முடிவுகட்டினார். பொய் சொல்லிக் கலியாணம் செய்துவைக்க மனம் வராமல், மூன்றாவது வீட்டுக்குப் போய், வேறு இடம் பாருங்கள் என்று தானே சொல்லிவிட்டு வந்து படுத்தாராம். நீளக் காற்சட்டை போட்டுக் கோல் காக்கிறாள் என்று சொல்லியிருந்தால் அவர் சிரித்திருப்பாரோ ஏசியிருப்பாரோ, எனக்குத் தெரியாது. இரண்டில் ஒன்று செய்திருப்பார். அதற்கு அவருக்கு நாங்கள் இடம் கொடுக்கவில்லை.

அன்றைக்கு எனக்குத் தோன்றியதெல்லாம் ஒரே கேள்விதான். இதையும் வெட்டட்டோ என்று அம்மாவிடம் கேட்டேன்.

"ஐயான்ரை பேச்சிலை கை வைக்கிறதோ? வாயைப் பொத்து!"

அப்படிச் சொன்ன அம்மா, ஒரு கடதாசியை எடுத்து வைத்துக்கொண்டு நெடுநேரம் இருந்தாள். தங்கச்சி என்று எழுதினாள். பிறகு மடித்துக் குப்பையில் போட்டுவிட்டு, கசெற்றை மட்டும் தபாலில் அனுப்பினாள். அதற்காக அவளை நான் மன்னித்துவிட்டேனா என்று கேட்டால், சில நாட்களில் ஆம், சில நாட்களில் இல்லை.

சித்தியிடமிருந்து வந்த கடைசிக் கசெற்றில் ஒரு நிமிடம்கூடப் பேச்சு இல்லை. "அக்கா, ஐயான்ரை கதையைக் கேட்டன். பந்தை விட்டிட்டன். அரையிறுதியிலை வேறை ஒருத்தி நிண்டவள். நாலு கோல் விழுந்து தோத்திட்டம்." நான் கணக்குக் கொப்பியை எடுத்து, சித்தியின் அணியைச் சிவப்பால் வெட்டினேன். எனக்கு அழுகையும் ஆத்திரமும் வந்தது. இவ்வளவு தூரம் வந்து, கடைசியில் கையைவிடுகிற ஆளும் ஒரு ஆளா! அம்மாவும் அழுதாள். கிண்ணம் போனதற்காகத்தான் அழுகிறாள் என்று நினைத்து, வாற வருசம் வெல்லலாம் அம்மா என்று ஆறுதல் சொன்னேன்.

வாற வருடம் வருவதற்குள் அம்மப்பா போய்விட்டார். ஊரில் சண்டை, பாதை இல்லை, ஒருவரும் போக முடியவில்லை. முப்பத்தோராம் நாள் பூசையைப் பாரிசிலேயே ஒப்புக்கொடுத்தோம். அதற்குச் சித்தி வந்தாள். அவள் எங்கள் வீட்டுக்கு வந்தது அந்த ஒரு தரம்தான்.

பூசை முடிந்து வீட்டுக்கு வந்து, அம்மா தேத்தண்ணீர் வைக்கக் குசினிக்குப் போனாள். சித்தி கோட்டைக் கழற்றாமல் ஜன்னலடியில் நின்றாள். வலதுகைச் சின்னவிரல் நேராகாமல் வளைந்தே இருந்தது, நான் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். அப்போது பாலத்தில் மெட்ரோ வந்தது. கிளாசுகள் கிலுங்கின. அவளுடைய உதடுகள் அசைந்தன, பெட்டிகளை எண்ணினாள். ஐந்து.

"இது எவ்வளவு நேரத்துக்கு ஒருக்கால் ஓடும், பிள்ளை?"

அந்தக் கேள்விக்காக ஒரு வருடம் காத்திருந்தவள் போல நான் மேசைக்குக் கீழே குனிந்தேன். இரண்டு றேடியோக்களையும் எடுத்து முகத்துக்கு முகம் வைத்தேன்.

"மூண்டு நிமிசத்துக்கு ஒருக்கால் சித்தி. இஞ்சை பாருங்கோ, இதிலை நீங்கள் கதைப்பீங்கள். பந்துக் கதை வந்த உடனை நான் இதை இப்பிடி அமத்துவன். பிறகு மெட்ரோ வரும். அது போன பிறகு திரும்பவும் நீங்கள் கதைப்பீங்கள். ஒருத்தருக்கும் தெரியாது."

"பந்துக் கதை முழுக்கவோ?"

"ஓம் சித்தி. காற்சட்டைக் கதையும்தான். அம்மப்பாவுக்கு ஒரு சொல்லும் போகேல்லை."

குசினியில் கரண்டிச் சத்தம் நின்றுபோனது. சித்தி மெல்ல ஜன்னலைச் சாத்தினாள். அம்மா என்னைக் கெட்டிக்காரி என்று சொன்னதைப்போல இவளும் ஒரு சொல் சொல்லுவாள் என்று, பொத்தானில் விரலை வைத்தபடியே அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அடுத்த மெட்ரோ வந்தது, போனது. அவள் ஒன்றும் சொல்லவில்லை. ஒன்றும் சொல்லாவிட்டால் சம்மதம் என்று அவளே சொன்னவள்தானே என்று நினைத்து, எனக்குள் நான் சந்தோஷப்பட்டேன்.