மடித்த மூலை

"முதல் கேள்வி முடிஞ்சது. கலைச்சுக் கொடு" என்றாள் அம்மா.

முப்பத்தெட்டு விடைத்தாள்களையும் சாப்பாட்டு மேசையில் பரப்பி, கலைத்து, அடுக்கிக் கொடுத்தேன். ஒவ்வொரு தாளின் வலது மேல் மூலையும் மடித்து ஸ்டேப்ளர் பின் அடிக்கப்பட்டிருந்தது. மடிப்புக்குள் மாணவர் பெயர். மடிப்பது பத்து வயதிலிருந்து என் வேலை. பெயர்கள் எனக்குத் தெரியும், மதிப்பெண்கள் அம்மாவுக்குத் தெரியும். இரண்டும் ஒரே தலைக்குள் சேரக் கூடாது என்பது வீட்டு ஏற்பாடு.

ஒருவருடைய தாளை அவள் ஒரே மூச்சில் திருத்த மாட்டாள். முதல் கேள்விக்கான பதிலை எல்லாத் தாள்களிலும் படிப்பாள். பிறகு கலைத்துவிட்டு இரண்டாவது. "முதல் பதிலை நல்லா எழுதினவன் ரெண்டாவதையும் நல்லாத்தான் எழுதியிருப்பான்னு மனசு தானா நெனச்சுக்கும். மனசுக்கு அவ்வளவு இடம் கொடுக்கக் கூடாது." கலைப்பதற்கு இன்னொரு காரணம், எப்போதும் ஒரே ஆளின் தாளுக்கு அவளுடைய களைத்த கண் வாய்த்துவிடக் கூடாது. நான் மருத்துவமனைகளில் ஸ்கேன் இயந்திரங்களைப் பழுதுபார்ப்பவள். அளவுப் பிழையைக் குறைக்க இதைவிடச் சுலபமான முறை எனக்குத் தெரியவில்லை. குறை சொல்ல இடமில்லை என்பதுதான் என் குறை.

மாலை நேரச் சட்டக் கல்லூரியில் இருபத்தாறு ஆண்டுகள் அவள் நடத்தியது ஒரே பாடம். நீதி என்றால் என்ன, சட்டத்துக்கும் அறத்துக்கும் என்ன உறவு. பகலெல்லாம் வேலை பார்த்துவிட்டு வருபவர்கள்தாம் மாணவர்கள். நீதிமன்றத் தட்டச்சர், காவலாளி, மருந்துக் கடைக்காரர். கரும்பலகையில் எழுதுவதைவிடக் கேள்வி கேட்பது அதிகம் என்பார்கள். வீட்டிலும் அப்படித்தான். எதை முடிவு செய்வதற்கு முன்னும் "சரி, எதிர்க்கட்சி என்ன சொல்லுது?" என்பாள். அப்பா இருந்தவரை அவர் எதிர்க்கட்சி. அவர் போன பிறகு எதிர்க்கட்சிக்காகவும் அவளே பேசினாள். திரைச்சீலைக்கு நீலமா சாம்பலா என்று தனியாக நின்று வாதாடி, தானே தோற்று, சாம்பல் வாங்கி வந்ததை நான் பார்த்திருக்கிறேன். பேருந்தில் இடம் கிடைத்தால் பாதி வழி உட்காருவாள், மீதி வழி எழுந்து நிற்பாள். திருத்துவதற்குப் பச்சைப் பென்சில். சீவிய தூளை ஒரு டப்பா மூடியில் சேர்ப்பாள். ஞாயிற்றுக்கிழமை காலையில் வாரத்து வேலைகளைப் பட்டியல் எழுதிக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டுவாள், பிறகு நினைவு வர வரச் சேர்ப்பாள். முடித்த வேலைக்குப் பச்சை டிக்.

ஊரார் பிள்ளையை ஊட்டி வளர்த்தால் தன் பிள்ளை தானே வளரும் என்பார்கள். நான் தானே வளர்ந்தேன்.

பதினோரு வயதில் பள்ளிப் பேச்சுப் போட்டி. மூன்று நடுவர்களில் அம்மா ஒருத்தி. என் பெயரைப் பார்த்ததும் விலகிக்கொள்வதாகச் சொன்னாள், தலைமை ஆசிரியை விடவில்லை. மற்ற இருவரும் எனக்கு முதலிடம் கொடுத்திருந்தார்கள். அம்மா போட்ட மதிப்பெண்ணால் அரை மதிப்பெண்ணில் இரண்டாவதாக வந்தேன். வீடு திரும்பும் வழியில் கேட்டேன்.

"ஏம்மா?"

"அந்தப் பொண்ணு நல்லா பேசிச்சு. நீ நடுவுல ரெண்டு வரிய முழுங்கிட்ட."

"நான் உன் பொண்ணுதானே?"

"அதை அந்தப் பொண்ணோட அம்மாகிட்டப் போய்ச் சொல்லட்டுமா? ஒரு கண்ணுக்கு வெண்ணெய், ஒரு கண்ணுக்குச் சுண்ணாம்பு வைக்க எனக்கு வராதும்மா."

எனக்கு வெண்ணெய்தான் வேண்டியிருந்தது. இருபத்து நான்கு ஆண்டுகள் கழித்தும்.

மூன்று ஆண்டுகளுக்கு முன் ஒருத்தி வகுப்பில் சேர்ந்தாள். ரொட்டித் தொழிற்சாலையில் வேன் ஓட்டுபவள். என் வயது. விடியுமுன் கடைகளுக்கு ரொட்டி இறக்கிவிட்டு, மத்தியானம் தூங்கி, மாலையில் கல்லூரிக்கு வருவாள். அம்மா அவளுக்கு வைத்த பெயர் 'எதிர்க்கேள்வி'. இரவுச் சாப்பாட்டில் தினமும் அவள் பேச்சுத்தான்.

"இன்னிக்கு எதிர்க்கேள்வி என்ன கேட்டா தெரியுமா? எல்லாருக்கும் சமமா ரொட்டி போட்டா, பல்லில்லாதவன் பங்கு யாருக்குப் போகும்னு கேட்டா."

"நீ என்ன சொன்ன?"

"பதில் தெரியல. பஸ்ல வர்றப்ப முழுக்க யோசிச்சேன்."

என் எந்தக் கேள்வியையும் அம்மா பேருந்தில் யோசித்ததாக நினைவில்லை. மற்றவர்களின் தாள் ஓரத்தில் இரண்டு வரி எழுதுவாள். எதிர்க்கேள்வியின் தாளில் பச்சை எழுத்து ஓரத்தை நிறைத்துப் பின்பக்கத்துக்கும் போகும். பெயர் மடிப்புக்குள் இருந்தாலும் கையெழுத்து தெரியாதா என்று ஒருநாள் மடக்கினேன். "கையெழுத்தப் பாக்காம படிக்கப் பழகிட்டேன்" என்றாள். நான் நம்பவில்லை.

போன ஆண்டு ஒரு காரியம் செய்தேன். ஒவ்வொரு முறை கலைக்கும்போதும் எதிர்க்கேள்வியின் தாளைக் கட்டின் அடியில் வைத்தேன். களைத்த கண் அவளுக்கே கிடைக்கட்டும். இரண்டு கேள்விகள் அப்படியே போயின. மூன்றாவதற்குக் கட்டைக் கொடுத்ததும் அம்மா அதைக் கவிழ்த்து வைத்தாள்.

"இன்னிக்கு அடியிலேர்ந்து ஆரம்பிப்போம்."

என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை. பென்சிலைச் சீவினாள்.

இந்த ஆண்டு அம்மாவுக்குத் தலைவலி வந்தது. மருத்துவர் ஸ்கேன் எழுதினார். வரிசையில் பதினோரு வாரம் காத்திருக்க வேண்டும். அந்த இயந்திரத்தைப் பராமரிப்பவள் நான். செவ்வாய்க்கிழமை காலைகளில் நீர் நிரப்பிய பொம்மைத் தலை ஒன்றை வைத்துச் சோதிப்பேன். அந்த இடத்தில் அம்மாவின் தலையை வைத்திருக்கலாம். பிரிவுத் தலைவர் சரி என்றுகூடச் சொல்லிவிட்டார்.

"யாரையும் தள்ள வேண்டாம்மா. சோதனை நேரம்தான். சும்மாத்தான் போகுது."

"அப்படி ஒரு நேரம் இருக்குன்னு வரிசைல நிக்கறவங்களுக்குச் சொன்னீங்களா?"

"அவங்களுக்கு எதுக்குச் சொல்லணும்?"

"எனக்கு மட்டும் எதுக்குச் சொல்ற? எனக்கு முன்னாடி நிக்கற ஒருத்திக்கு மெஷின் ரிப்பேர் பண்ற மக இல்ல. அவ என்ன தப்பு பண்ணினா?"

"அந்த ஒருத்தி எனக்கு அம்மா இல்ல."

"தெரியும்" என்றாள். 

அது எட்டாவது வாரத்தில். மறுநாள் ஞாயிறுதான் அந்த முப்பத்தெட்டுத் தாள்களைக் கலைத்துக் கொடுத்தேன். நான் அவளோடு சரியாகப் பேசவில்லை. இரண்டாவது கேள்வி: 'உறவினருக்குத் தரும் முன்னுரிமை நீதிக்கு முரணானதா? ஆராய்க.' ஒரு தாளை அவள் இரண்டு முறை படித்தாள். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு மூன்றாம் முறையும் படித்தாள். அந்த மூலையை மடித்தவள் நான். யாருடையது என்று தெரியும். 

"உன்கிட்ட ஒண்ணு கேக்கணும்" என்றாள்.

"ஸ்கேன் பத்தின்னா கேளு."

"அது இல்ல."

"அப்ப வேண்டாம். எனக்கு வேலை இருக்கு."

"சரி. இருக்கட்டும்." தாளைத் தனியாக வைத்தாள்.

புதன்கிழமை காலை பேருந்து நிறுத்தத்தில் விழுந்தாள். மூளையில் இரத்தக் குழாய் வெடித்திருந்தது. பிழைக்கவில்லை. முன்கூட்டியே ஸ்கேன் எடுத்திருந்தால் தெரிந்திருக்குமா என்று மருத்துவரைக் கேட்டேன். தெரிந்திருக்கலாம் என்றார். லாம் என்பதை வைத்துக்கொண்டு எந்தக் கணக்கும் போட முடியவில்லை.

எதிர்க்கேள்வி வீட்டுக்கு வந்தாள். வேனைத் தெருமுனையிலேயே நிறுத்திவிட்டு நடந்து வந்தாள். வாசலில் நின்று "அம்மா" என்று அழுதாள். கல்லூரியில் மேடம் என்றுதான் கூப்பிடுவாளாம். எனக்கு இருந்தது ஒரே அம்மா. அந்தச் சொல்லிலும் அவளுக்குப் பங்கா என்று நினைத்தேன்.

"மேடம் உங்களப் பத்தி நிறையச் சொல்வாங்க" என்றாள்.

"என்ன சொல்வாங்க?"

"நீங்க மடிச்சா மூலை பிரியவே பிரியாதாம். அந்த நம்பிக்கைலதான் திருத்தவே உக்காருவாங்களாம்."

 உள்ளே போய்த் தண்ணீர் கொண்டு வந்து கொடுத்தேன்.

கல்லூரியில் தாள்களைத் திருப்பிக் கேட்டார்கள். கட்டும்போது, தனியாக வைத்திருந்த தாள் கையில் வந்தது. படித்தேன். 'வரிசையில் நிற்பவர்கள் எல்லோரையும் ஒன்றாகப் பார்ப்பது நீதி. ஆனால் வீட்டில் இருப்பவரையும் வரிசையில் நிற்பவராக மட்டுமே பார்த்தால், அவருக்குச் சேர வேண்டிய ஏதோ ஒன்றைத் தராமல் விட்டிருப்போம். அது எது என்று தராதவருக்குத் தெரியாது. பெறாதவரைத்தான் கேட்க வேண்டும்.'

நான் ஆயுள் முழுக்கக் கேட்டிருக்க வேண்டியதை ரொட்டி வேன் ஓட்டுபவள் ஒரு பத்தியில் கேட்டிருந்தாள். அந்த இடத்திலும் அவள்தான் எனக்கு முன்னால்.

ஓரத்தில் பச்சை எழுத்து பின்பக்கம் வரை போகவில்லை. ஒரே வரி. 'கேட்டுவிட்டு மதிப்பெண் போடுகிறேன்.' மதிப்பெண் கட்டம் காலியாக இருந்தது.

பட்டியல் இன்னும் குளிர்பெட்டிக் கதவில் இருக்கிறது. நூலகப் புத்தகம், டிக். செருப்பு வார், டிக். மின் விளக்கு, டிக். பால்காரரிடம் ஒரு பாக்கெட் குறைக்கச் சொல்வது, டிக். அதன் கீழே பச்சைப் பென்சிலில் சேர்த்த கடைசி வரி, 'அவளைக் கேட்க வேண்டும்.' அதற்கு எதிரே ஒன்றும் இல்லை.