மூன்று தரம் கூப்பிட்டார்கள்

மேட்டூரில் அணை கட்டி முதன்முதலாகத் தண்ணீரைத் தேக்கினார்களே, அந்த வருஷம். ஆற்றோரத்து ஊர்கள் பல முழுகிப்போயின. அத்தையைக் கட்டிக்கொடுத்த ஊரும் அதில் ஒன்று. அத்தை வீட்டார் கதவையும் தூலத்தையும் கழற்றி இரண்டு வண்டிகளில் போட்டுக்கொண்டு எங்கள் ஊருக்கே வந்து, மாட்டுக்கொட்டாயில் ஒருபுறம் தட்டி கட்டி இருந்தார்கள். அதை வைத்துத்தான் வருஷம் சொல்கிறேன். என் வயசு என்னவென்று கேட்டால் எனக்குத் தெரியாது. பள்ளிக்கூடத்தில் போட்டிருந்தால் எழுதி வைத்திருப்பார்கள், என்னைப் போடவில்லை. முன்பல் விழுந்து முளைத்திருந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த வருஷந்தான் அப்பாவுக்கும் பெரியப்பாவுக்கும் நாமக்கல் முன்சீப் கோர்ட்டில் வழக்கு நடந்தது. கிணற்று வழக்கு. பாட்டனார் வெட்டிய கிணறு அது. நிலத்தைச் சரிபாதியாகப் பிரித்துக் கொடுத்தவர், கிணற்றைப் பிரிக்க முடியாது என்பதால், ஒருநாள் விட்டு ஒருநாள் இறைத்துக்கொள்ளுங்கள் என்று வாயால் சொல்லிவிட்டுக் கண்ணை மூடிவிட்டார். எழுத்து ஒன்றும் இல்லை. பிறகு ஒரு பஞ்சத்தில் கிணறு வற்றியது. பெரியப்பா ஆள் வைத்து, பாறையை வெடி வைத்துத் தகர்த்து, ஆழமாக்கினார். ஆழமாக்கியவனுக்கு வாரத்தில் ஐந்து நாள், தம்பிக்கு இரண்டு நாள் போதும் என்றார். நாங்கள் வைத்திருந்தது மஞ்சள். நாமகிரிப்பேட்டையிலிருந்து விதைக் கிழங்கு கொண்டுவந்து நட்டது. இரண்டு நாள் இறைத்தால் பாதிக் காட்டுக்குக்கூடத் தண்ணீர் எட்டாது. அப்பா முடியாது என்றார். பெரியப்பா கோர்ட்டில் பிராது கொடுத்தார்.

வழக்கு முடிகிற வரைக்கும் பழைய முறைப்படியே இறைக்கலாம் என்று கோர்ட்டு சொல்லியிருந்தது. இதை ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும். அப்பா எப்போதும் ஞாபகம் வைத்திருந்தார்.

கோர்ட்டுக்குப் போவது எப்படித் தெரியுமா? பாகம் பிரித்தபோது ஒரு ஜோடி மாட்டில் ஆளுக்கு ஒன்று, வண்டி பொது. ஒற்றை மாட்டை வைத்துக்கொண்டு யாரும் எங்கும் போக முடியாது. அதனால் வழக்குப் போட்டவரும் போடப்பட்டவரும் ஒரே வண்டியில்தான் போனார்கள். அத்தை ஒரே தூக்கில் புளிச்சோறு கட்டிக்கொடுப்பாள்.

"ரெண்டு தூக்குக் கட்ட என்ற ஊட்டுப் பாத்திரமெல்லாம் தண்ணிக்குள்ள கெடக்குது. ஒண்ணாத் தின்னுப்போட்டு, போயி ஒருத்தன ஒருத்தன் கடிங்க" என்பாள். அவள் இருவருக்கும் தங்கை. அவளுக்குத்தான் அந்த வாய் உண்டு.

ஆனால் இருவரும் பேசிக்கொள்ள மாட்டார்கள். பேச ஒரு ஆள் வேண்டுமே, அதற்குத்தான் நான். நடுவில் உட்கார்ந்திருப்பேன்.

"சாமி, உங்கொப்பனக் கொஞ்சம் அக்கட்ட நகந்து ஒக்காரச் சொல்லு. பாரம் சாயுது."

"கண்ணு, பாரம் யாரு பக்கம்னு கோர்ட்டுல தெரியும்னு உங்க பெரியப்பன்கிட்டச் சொல்லு."

நான் இந்தப் பக்கம் திரும்பி ஒருமுறை, அந்தப் பக்கம் திரும்பி ஒருமுறை அப்படியே சொல்வேன். இருவர் காதிலும் முதலிலேயே விழுந்திருக்கும். ஆனாலும் நான் சொல்லி முடிக்கிற வரைக்கும் காத்திருந்துவிட்டுத்தான் பதில் சொல்வார்கள்.

கோர்ட்டு வாசலில் பெரிய புளியமரம். ஒரு பக்கம் முன்சீப் கோர்ட்டு, மறு பக்கம் மாஜிஸ்திரேட்டுக் கச்சேரி. அந்தப் பக்கம் ஒருவனை விலங்கு போட்டுக் கூட்டிப் போனதைப் பார்த்து முதல் நாளே நான் அழுதுவிட்டேன். பெரியப்பாதான் தேற்றினார். "அது கிரிமினல் சாமி, அடிதடி, திருட்டு. நம்முளது சிவில். காடு, கெணறு, ஊடு. சிவில்ல யாருக்கும் வெலங்கு மாட்ட மாட்டாங்க." தன் தம்பிக்கு விலங்கு வராது என்பதை வழக்குப் போட்டவரே எனக்கு எடுத்துச் சொன்னார்.

அப்படித்தான் அந்த வார்த்தைகள் ஒவ்வொன்றாக எங்களோடு வண்டியேறி வீட்டுக்கு வந்தன. பிராது கொடுத்தவர் வாதி, எதிர்த்து நிற்பவர் பிரதிவாதி. அப்பாவுக்கு இது பிடிக்கவில்லை. நியாயம் நம் பக்கம், பேர் மட்டும் எதற்கு அவருக்கு முதலில் என்று கேட்டுக்கொண்டே இருந்தார். வக்கீல் நமக்காகப் பேச நாம் கைநாட்டு வைத்துக் கொடுப்பது வக்காலத்து. இன்றைக்கு இல்லை, இன்னொரு நாள் வா என்பது வாய்தா. அம்மா கடன் பாக்கியைக் கேட்டு வந்த எண்ணெய்க்காரியிடம் வாய்தா சொல்லி அனுப்பும் அளவுக்கு அது எங்கள் வீட்டில் பழகிப்போயிற்று. எங்களுக்குத் தெரிந்த வார்த்தைகளில் அப்பாவுக்கு மிகவும் பிடித்தது அதுதான். தை மாதம் மஞ்சள் வெட்டுகிற வரைக்கும் வாய்தா மேல் வாய்தா விழுந்தால் போதும், காடு தப்பித்துவிடும்.

ஒருமுறை பெரியப்பாவுக்குக் காய்ச்சல். அவர் மாட்டையும் எங்கள் மாட்டையும் பூட்டிக்கொண்டு அப்பாவும் நானும் மட்டும் போனோம். கோர்ட்டுச் சேவகர், இடுப்பில் பட்டையும் பித்தளை வில்லையும் கட்டியவர், படியில் நின்று பெரியப்பாவின் பேரை மூன்று தரம் கூப்பிட்டார். யாரும் பதில் குரல் கொடுக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் வாய்தா என்று செய்தி வந்தது. பெரியப்பாவின் வக்கீல் முன்கூட்டியே காய்ச்சல் என்று எழுதி மனுக் கொடுத்திருந்தார். அதனால் கிடைத்த வாய்தா அது. அப்பாவுக்கு அது தெரியாது. ஆள் இல்லையென்றால் வாய்தா என்று மனசில் முடிச்சுப் போட்டுக்கொண்டார்.

அடுத்த தடவை போனபோதுதான் நான் அந்தக் காரியம் செய்தேன். மத்தியானம் அப்பாவும் பெரியப்பாவும் புளியமரத்தடியில் முதுகைக் காட்டிக்கொண்டு ஒரே தூக்கிலிருந்து சோறு தின்றுகொண்டிருந்தார்கள். நான் வேடிக்கை பார்க்கப் போனேன். காப்பி கிளப்பின் உள்கூடத்தில் எங்களைப் போன்றவர்களை விடமாட்டார்கள். பின்பக்கத்துச் சன்னலில் தொங்கிக்கொண்டு எட்டிப் பார்த்தேன். எங்கள் வக்கீலும் பெரியப்பாவின் வக்கீலும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தார்கள். அவர் ஏதோ சொல்ல, இவர் தொடையில் தட்டிச் சிரித்தார். பிறகு அவர் ஒரு காகிதத்தை நீட்டினார். எங்கள் வக்கீல் படித்துவிட்டுத் தலையாட்டி, மடித்துக் கோட்டுக்குள் வைத்துக்கொண்டார்.

பெரியப்பா காதில் விழாமல் அப்பாவிடம் இதைச் சொன்னேன். அப்பாவின் கை சோற்றோடு அப்படியே நின்றது.

"சிரிச்சானா?"

"ஆமாங்கப்பா. தொடையில தட்டி."

"காயிதத்த வாங்கிக் கோட்டுக்குள்ள வச்சானா, மேல் ஜேப்புல வச்சானா?"

"கோட்டுக்குள்ளீங்க."

"உள்ள வச்சுட்டானா" என்றார். அப்புறம் அவர் சாப்பிடவில்லை. மிச்சத்தைப் பெரியப்பா தின்றார்.

மறுநாள் என்னையும் கூட்டிக்கொண்டு அப்பா நடந்தே வக்கீல் வீட்டுக்குப் போனார். கண்ணால் கண்ட சாட்சி நான்தானே. வக்கீல் கோபப்படவில்லை.

"நாங்க பேசிச் சிரிச்சா உனக்கென்னய்யா? வழக்கு உங்க ரெண்டு பேருக்கும்தான். எங்க ரெண்டு பேருக்கும் இல்லையே" என்றார்.

"அதத்தானுங்க நானுஞ் சொல்றேன். உங்களுக்குள்ள வழக்கு இல்லீன்னா, எனக்கு எதுக்குங்க உங்க வக்காலத்து?"

வக்கீல் அந்தக் காகிதத்தை எடுத்து மேஜைமேல் வைத்தார். "கேளு. உங்கண்ணன் இறங்கி வர்றார். பழைய முறைப்படி ஒருநாள் விட்டு ஒருநாள் இருக்கட்டும், வருஷா வருஷம் தூர் வாருற வேலைய மட்டும் தம்பி பாத்துக்கட்டும்ங்கிறார். இதுக்குப் பேருதான் ராஜி. ரெண்டு பேரும் கைநாட்டு வச்சா, கோர்ட்டுல குடுத்து முடிச்சுடலாம்."

"ராஜிங்களா? நீங்க ரெண்டு பேரும் நேத்தே ராஜி ஆயிட்டீங்களே. எனக்குப் படிக்கத் தெரியாதுன்னு தெரிஞ்சுதானே கைநாட்டுக் கேக்கறீங்க?"

"படிச்சுக் காட்டறேன்யா."

"நீங்க எழுதுனத நீங்க படிச்சா அதுல என்னங்க இருக்கும்?"

வக்கீல் அந்தக் காகிதத்தை மறுபடியும் மடித்து வைத்தார். பிறகு எங்கள் கேஸ் கட்டை எடுத்துக் கையில் கொடுத்தார். "நான் விலகிட்டேன்னு கோர்ட்டுல எழுதிக் குடுத்துடறேன். சீக்கிரமா வேற வக்கீலப் பாரு. யாரும் கிடைக்கலேன்னாலும் ஒண்ணு மட்டும் செய். பேரைக் கூப்பிட்டா, ஆஜர்னு சொல்லிக்கிட்டு உள்ள போ."

தெருவுக்கு வந்ததும் அப்பா என் தோளைப் பிடித்து நிறுத்தினார். "கேட்டியா? ஆஜர்னு சொல்லோணுமாமா. அவஞ் சொல்றான்னா அதுல என்னமோ இருக்குது கண்ணு."

வேறு வக்கீலை அவர் தேடத்தான் செய்தார். ஆனால் எந்த வக்கீல் வாசலுக்குப் போனாலும், இவன் யாரோடு காப்பி குடிப்பானோ என்று தயங்கித் தயங்கித் திரும்பிவிட்டார்.

வாய்தா நாள் வந்தது. வழக்கம்போல ஒரே வண்டி. அன்றைக்கு என் மூலமாகக்கூட இருவரும் ஒன்றும் பேசவில்லை. கோர்ட்டு வாசலில் பெரியப்பா இறங்கிப் போனதும், அப்பா என்னை இழுத்துக்கொண்டு வண்டிச் சக்கரத்துக்குப் பின்னால் குத்தவைத்து உட்கார்ந்தார்.

"வாயத் தொறந்தா மாட்டிக்குவோம். தொறக்காம இருந்தா வாய்தா போட்டே ஆவோணும். உங்க பெரியப்பனுக்குப் போட்டாங்கல்ல?"

சேவகர் படியில் வந்து நின்றார். அப்பாவின் பேர், அவர் தகப்பன் பேர், ஊர்ப்பேர் மூன்றையும் சேர்த்து ராகம் போட்டுக் கூப்பிட்டார். அப்பா பேரை நான் சொல்லக் கூடாது. சேவகர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. எனக்குச் சிரிப்பு வந்தது. அப்பா தன் கையால் என் வாயைப் பொத்தினார். கை முழுக்க மஞ்சள் வாசனையும் வியர்வையும்.

இரண்டாம் தரம் கூப்பிட்டார். படிமேல் ஏறிக்கொண்டிருந்த பெரியப்பா திரும்பினார். சக்கரத்தின் ஆரக்கால்களுக்கு நடுவே எங்களைக் கண்டுவிட்டார். அப்பாவை அவர் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தார். தலையை ஒரு அசைப்பு அசைத்தார்.

மூன்றாம் தரமும் கூப்பிட்டாயிற்று. பெரியப்பா உள்ளே போனார்.

வெகுநேரம் கழித்து அவர் வெளியே வந்தபோது அவருடைய வக்கீல் கூடவே வந்தார். "எக்ஸ்பார்ட்டி ஆயிட்டுது" என்று அவர் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது. அது எங்களிடம் அதுவரை வராத வார்த்தை. ஒரு தரப்பு வராததால் மற்ற தரப்பை மட்டும் கேட்டுத் தீர்த்துவிடுவது என்று அதற்கு அர்த்தம், அது பிற்பாடுதான் தெரிந்தது.

திரும்பி வரும்போது பாதி வழியில் பெரியப்பா வாயைத் திறந்தார்.

"சாமி, உங்கொப்பனுக்குக் காது கேக்கலியான்னு கேளு."

"கண்ணு, உங்க பெரியப்பனுக்குக் கண்ணு தெரியலியான்னு கேளு."

இரண்டையும் நான் சொல்லவில்லை. அதற்குப் பதிலாக, "அடுத்த வாய்தா எப்பங்க பெரியப்பா?" என்று நானாகக் கேட்டேன்.

"இனி வாய்தா இல்ல சாமி."

அப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு சிரித்தார். வழக்கே தள்ளுபடி ஆகிவிட்டது என்று நினைத்துவிட்டார். அன்றைக்கு எங்கள் வீட்டில் சேவல் அறுத்தார்கள். அத்தைதான் குழம்பைக் கிண்டிக்கொண்டே, "செயிச்சவன் நீயின்னா, பெரியண்ணன் மூஞ்சிலதானே சங்கடம் இருக்கோணும்? அவன் மூஞ்சில சங்கடத்தோட வேற என்னமோ இருக்குதே?" என்றாள். அப்பா அவளை வாயை மூடு என்றார்.

ஒரு மாதத்துக்கு மேல் ஆயிற்று. தீர்ப்பை நிறைவேற்றுகிற கோர்ட்டு அமீனா வந்தார். கிணற்று மேட்டில் நின்று டிக்கிரி என்கிற தீர்ப்புக் காகிதத்தைப் படித்தார். வாதிக்கு ஐந்து நாள், பிரதிவாதிக்கு இரண்டு நாள்.

"என்னக் கேக்காம எப்படிங்க தீர்ப்பாவும்?" என்றார் அப்பா.

"கேட்டாங்களேய்யா. மூணு தரம் கேட்டாங்க" என்றார் அமீனா. பிறகு இரக்கப்பட்டு, "முப்பது நாளைக்குள்ள மனுப் போட்டிருந்தா மறுபடியும் எடுத்து விசாரிச்சிருப்பாங்க. அதுவுந் தாண்டிப்போச்சு" என்றார்.

அந்தத் தையில் மஞ்சள் வெட்டவில்லை. வெட்ட ஒன்றும் இருக்கவில்லை. மண்வெட்டி போட்ட இடத்தில் விரல் கனத்தில் சுருங்கிய கிழங்கு வந்தது. அப்பா எங்கள் மாட்டைச் சந்தையில் விற்றுவிட்டு, ஜலகண்டாபுரத்தில் தறி வேலைக்கு எங்களைக் கூட்டிப் போனார். சாகிற வரைக்கும் அவர் அந்த வக்கீலைத்தான் திட்டிக்கொண்டிருந்தார். காகிதத்தைக் கோட்டுக்குள் வைத்ததை அவரிடம் சொன்னவன் நான். என்னை ஒருநாளும் ஒரு சொல் சொன்னதில்லை.

பெரியப்பா முப்பது நாளும் எங்கள் வாசல் வழியாகத்தான் காட்டுக்குப் போனார், வந்தார். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. ராஜிக்கு இறங்கி வந்தவரும் அவர்தான். அன்று படியில் நின்று தலையசைத்தது எதற்கு? உங்கப்பனைக் கூட்டிக்கொண்டு வா என்றா? அப்படியே இரு, சத்தம் போடாதே என்றா? எனக்கு அப்போது அது ஒளிந்து பிடிக்கிற விளையாட்டு. நம்மைக் கண்டுபிடித்துவிட்டாரே, ஆனாலும் காட்டிக்கொடுக்கவில்லையே, எவ்வளவு நல்ல பெரியப்பா என்று சந்தோஷப்பட்டேன்.

நீங்கள் நாலு ஊர் போகிறவர்கள். கோர்ட்டு வாசலில் துண்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு யாராவது ஒதுங்கி நின்றால், அவரிடம் இதைச் சொல்லுங்கள். மற்ற வார்த்தைகளுக்கெல்லாம் அர்த்தம் அப்புறம் கேட்டுக்கொள்ளலாம். பேரைக் கூப்பிட்டால் மட்டும், இருக்கேனுங்க என்று சொல்லிவிடச் சொல்லுங்கள்.