மதியத்தை நீட்டிய ஆயில்காரர்

‘காலப் பொறியாளர்’ என்று பட்டம் வாங்கிய அந்த மனிதர், சட்டைத் தொழிற்சாலைக்குத் தையல் மெஷின்களுக்கு எண்ணெய் போட வந்தவர். ஆயில்காரர் என்று சொன்னால்தான் யாருக்கும் தெரியும். சாப்பாட்டுக் கூடத்துச் சுவர்க் கடிகாரம் நின்றுபோன ஒரு நாள், “நான் பார்க்கட்டுமா?” என்று ஏணியில் ஏறினார். அன்றைக்குப் பிடித்த கடிகாரக் கிறுக்கு சாகும்வரை விடவில்லை.

அவர் மனைவி அங்கேயே காலர் தைத்தாள். அவளுக்கு வயிற்றுப் புண். மாத்திரையைவிட, மெதுவாக மென்று சாப்பிடுவதுதான் முக்கியம் என்றார் டாக்டர். சொல்வதற்கு என்ன, சுலபம்! சாப்பாட்டு நேரம் முப்பது நிமிடம். இரண்டு மாடி இறங்கி, முந்நூறு பேர் ஒரே குழாயில் கை கழுவி, டப்பாவைத் திறப்பதற்குள் பாதி போய்விடும். மிச்சத்தில் எங்கே மெல்வது? விழுங்குவாள். சாயங்காலம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுருண்டு படுப்பாள்.

“ஊர்ப்பட்ட கடிகாரத்தை நோண்டுறீங்களே, எனக்கு ஒரு பத்து நிமிஷம் பண்ணித் தரக்கூடாதா?” என்றாள் ஒரு நாள், வலி தாங்காமல்.

எரிச்சலில் சொன்னதை மனுஷன் அப்படியே பிடித்துக்கொண்டார். நான்கு மாதம் அரமும் கையுமாக உட்கார்ந்து, முட்டை வடிவத்தில் ஒரு பல்சக்கரம் ராவினார். அதை மாட்டியபின் பன்னிரண்டரை மணிக்குக் கடிகாரம் சோம்பல் முறிக்கும். அது காட்டும் முப்பது நிமிடம் உண்மையில் நாற்பது. அப்புறம் கொஞ்சம் வேகமாக ஓடி, ஐந்து மணிச் சைரனுக்குச் சரியாக வந்து சேர்ந்துவிடும். சைரன் அடிப்பதும் இந்தக் கடிகாரத்தைப் பார்த்துத்தான். கைக்கடிகாரத்தையும் போனையும் வாசலிலேயே வாங்கி வைத்துவிடுவார்கள். மேனேஜரோ மதியம் வீட்டுக்குப் போய்த் தூங்கிவிட்டு ஐந்து மணிக்குத்தான் தலைகாட்டுவார். ஒருத்தருக்கும் சந்தேகம் வரவில்லை.

“வாயை மட்டும் மூடிக்கிட்டு இருங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்,” என்று மனைவி கெஞ்சினாள். எட்டு மாதம் மூடிக்கொண்டிருந்தார். அவள் நிதானமாக மென்றாள். எரிச்சல் அடங்கி, கன்னத்தில் கொஞ்சம் சதைகூடப் போட்டது.

பொறுமையாகச் சாப்பிட்டவர்கள் நன்றாகத் தைத்தார்கள். சட்டைகள் கூடின. மேனேஜர் எல்லோரையும் கூட்டி வைத்து, “இதெல்லாம் நான் மாட்டின புது ஃபேனோட மகிமை!” என்றார். கைதட்டல் பறந்தது. மனைவி புருஷனைப் பார்த்தாள். அவர் உதடு துடித்தது. ஐயோ, போச்சு என்று அவள் நினைப்பதற்குள் மனுஷன் கத்திவிட்டார்.

“ஃபேனும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல சார்! அது நான் கடிகாரத்துல மாட்டின சக்கரம்! முப்பது நிமிஷச் சாப்பாட்டு நேரத்தை நாப்பதாக்குது!”

பாவி மனுஷன்! திருடுகிறவன்கூடச் சத்தம் போடாமல் வீட்டுக்குப் போவான். கண்டுபிடிக்கிறவனுக்குப் பெயர் வேண்டுமே!

வேலை போச்சு என்று அவள் நடுங்கினாள். மேனேஜர் கெட்டிக்காரர். இரண்டு பேரையும் அறைக்குக் கூப்பிட்டு, நாற்காலி போட்டு உட்காரவைத்து, “பிரமாதம்! இதையே தலைகீழா ஓடவைக்க முடியுமா?” என்று கேட்டார்.

“முடியாதாவது! ஒரே ஒரு சக்கரத்தை மாத்தினாப் போதும் சார்,” என்றார் ஆயில்காரர். பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருப்பது யார் என்பதே அந்த நிமிடம் அவருக்கு மறந்துபோனது.

பட்டமும் பதவியும் அன்றே கிடைத்தன. கடிகாரம் பழையபடி சரிசெய்யப்பட்டது என்று அறிவிப்பு ஒட்டினார்கள். முப்பது நிமிடம் இருபதானது. “நாப்பது பழகிட்டோம்ல, அதான் முப்பது பத்த மாட்டேங்குது,” என்று பெண்கள் தங்களுக்குத் தாங்களே சமாதானம் சொல்லிக்கொண்டார்கள்.

“எனக்குன்னு செஞ்சதை வச்சு என் வயித்துலயே அடிச்சுட்டீங்களே!” என்று அவள் வீட்டில் கத்தினாள்.

“கொஞ்சம் பொறு, பதவி நிலைக்கட்டும், மாத்திடறேன்,” என்றார். பதினோரு வருடம் இதையேதான் சொன்னார். வெளியே சொன்னால் அவர் மானம் போகும் என்று அவளும் பேசாமல் இருந்தாள். பழையபடி விழுங்கினாள். வலியும் பழையபடி வந்தது.

போன மாதம் மாரடைப்பில் அவர் போய்ச் சேர்ந்தார். என்ன இருந்தாலும் அவளுக்கு அவர்மேல் உயிர். வாய்விட்டு அழுதாள். சாப்பாட்டுக் கூடத்தில் அவர் படத்தைத் திறந்துவைத்த மேனேஜர், “தொழிலாளர்களின் ஒவ்வொரு நிமிடத்தையும் மதித்தவர்,” என்று குரல் தழுதழுக்கப் பேசினார். அவள் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள்.

மறுநாள் மதியம் சைரன் அடித்தபோது அவள் டப்பாவில் பாதிச் சாப்பாடு அப்படியே இருந்தது. எல்லோரும் எழுந்தார்கள். அவள் எழவில்லை.

“அக்கா, சைரன் அடிச்சாச்சு,” என்றாள் சூப்பர்வைசர் பெண்.

“நீயும் உக்காரும்மா. எல்லாரும் உக்காருங்க. இன்னும் பத்து நிமிஷம் இருக்கு. பதினோரு வருஷமா இந்தக் கடிகாரம் இருபது நிமிஷத்தை முப்பதுன்னு காட்டி ஏமாத்துது. சக்கரத்தை மாத்தினது...” சுவரில் இருந்த படத்தை நிமிர்ந்து பார்த்தாள். பார்த்தபடியே சொல்லி முடித்தாள். “என் வீட்டுக்காரர்தான்.”

யாரோ ஒருத்தி உட்கார்ந்து, மூடிய டப்பாவை மறுபடி திறந்தாள். அடுத்து இன்னொருத்தி. ஆயில்காரர் மனைவி கண்ணைத் துடைத்துக்கொண்டு, ஒரு வாய் எடுத்துப் போட்டு, மெதுவாக மெல்ல ஆரம்பித்தாள்.