கை நனைக்காத ஞாயிற்றுக்கிழமை

மிளகாயும் மல்லியும் சீரகமும் இரும்புச் சட்டியில் கருகக் கருக வறுபடும் வாசனை, பின்கட்டுச் சமையலறையிலிருந்து கிளம்பி, பலகைத் தடுப்பின் இடுக்குகளில் நுழைந்து, பாடப் புத்தகத்தின் மேல் குனிந்திருக்கும் என் மூக்கை வந்து பிடிக்கும். நான் தும்மி முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொள்வதற்குள், தடுப்புக்கு அந்தப் பக்கம் சின்னத்துரை மாமாவின் குரல் எழும்பிவிடும். "நான் வாசம் நல்லா இருக்கெண்டுதானே சொன்னனான், தூள் கருகிப்போச்செண்டே சொன்னனான்? நீர் சரியான மிஸாப்ரிஹென்ஸிவ்!" சட்டியில் மாமியின் கரண்டி உரசும் சத்தம் கொஞ்சம் பலமாகக் கேட்கும்.

ஐம்பதுகள் முடிந்து அறுபதுகள் தொடங்கியிருந்த காலம். ஜாலான் புசார் தெருவில், கீழே ஆணியும் பூட்டும் விற்கும் சீனர் கடை, மேலே பலகையால் இரண்டாகப் பிரித்த மாடி. ஒரு பாதியில் தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து வந்து துறைமுகக் கிடங்கில் கணக்கராக இருந்த அப்பா, அம்மா, கமலா அக்கா, நான். மறு பாதியில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து அரசாங்க அலுவலகத்தில் பெரிய குமாஸ்தாவாகியிருந்த சின்னத்துரை மாமா, மாமி, அவர்களின் ஒரே மகன் யோகன். சமையலறை இரண்டு வீட்டுக்கும் பொது. அதனால் சாமான்கள் மட்டும்தான் தனித்தனியாக இருந்தன. குழம்பும் சொதியும் கிண்ணம் மாறிப் போய்க்கொண்டே இருந்தன.

மாமாவுக்குப் பெரிய ஆங்கிலச் சொற்கள் மேல் ஒரு பைத்தியம். அவற்றை யாருக்கும் கற்றுக்கொடுக்கும் நோக்கம் அவருக்கு இருந்ததில்லை. எடுத்து எறிவார், அவ்வளவுதான். அவற்றில் எங்களுக்கு மிகவும் பிடித்துப்போனது இந்த மிஸாப்ரிஹென்ஸிவ். பள்ளிக்கூட நூலகத்தில் இருந்த கனத்த அகராதியில் தேடிப் பார்த்தேன்: எதையும் தப்பாகவே புரிந்துகொள்ளும் சுபாவமுள்ள என்று பொருள், பக்கத்திலேயே அரிய வழக்கு என்ற குறிப்பு. அகராதிக்கு அரியதாக இருக்கலாம், எங்கள் மாடியில் அது அன்றாட வழக்கு. வாடகை கேட்டு மேலே வரும் சீன முதலாளி தவுக்கே மிஸாப்ரிஹென்ஸிவ், கூப்பிட்டால் ஓடுகிற பூனை மிஸாப்ரிஹென்ஸிவ், மாமியோ அந்தச் சொல்லுக்கே நிரந்தரச் சொந்தக்காரி. நானும் பள்ளியில் ஒரு தோழி மேல் அதைப் பிரயோகித்துப் பார்த்தேன். அவள் ஏதோ நோய் என்று நினைத்துக்கொண்டு என் பக்கத்தில் உட்காருவதை நிறுத்திவிட்டாள்.

எங்கள் வீட்டில் இதற்கு ஒற்றைச் சொல் கிடையாது. ஆனால் ஒரு வாக்கியம் உண்டு. அம்மா எதைக் கேட்டாலும், எதை மறுத்தாலும், அதை முன்னால் நிறுத்திவிட்டுத்தான் பேச்சைத் தொடங்குவாள். "தப்பா எடுத்துக்காதீங்கக்கா, கொஞ்சம் புளி இருக்குமா?" வந்த புதிதில் மாமி திகைத்துப் போவாராம். "புளி கேக்கிறதுக்கு ஏன் பிள்ளை நான் கோவிக்கப் போறன்?" என்று சிரிப்பாராம். பிறகு பழகிப்போய், அம்மா வாயைத் திறப்பதற்குள் "தப்பா எடுக்கேல்லை, சொல்லும்" என்று மாமியே முந்திக்கொள்வார்.

அக்காவுக்கு அப்போது இருபது வயதிருக்கும். பள்ளிப் படிப்பு முடிந்து, ஒரு துணிக்கடையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தாள். யோகன் மருத்துவமனை ஒன்றின் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்திருந்தார். இருவரும் தனியாக நின்று பேசி நான் பார்த்ததில்லை. ஆனால் அக்கா தேக்கா சந்தையிலிருந்து பையைத் தூக்கிக்கொண்டு படியேறும் நேரத்துக்கு யோகன் எப்படியோ படியில் இறங்குவார். பை கை மாறும். இறங்க வந்தவர் திரும்ப ஏறுவார். இதைக் கண்டுபிடிக்கப் பெரிய புத்தி தேவையில்லை. மாமி அக்காவை "எங்கட பிள்ளை" என்று கூப்பிடத் தொடங்கியபோது, அம்மாவின் முகம் மலர்ந்ததையும் நான் பார்த்தேன். யாழ்ப்பாணத்துக் குடும்பமும் தஞ்சாவூர்க் குடும்பமும் சம்பந்தம் செய்துகொள்வது அந்நாளில் லேசான காரியம் இல்லை. சாதி சனம் பேசும், இரண்டு பக்கமும் முகம் சுளிக்கும். அப்படியிருந்தும் ஒருநாள் மாமா தடுப்பைச் சுற்றிக்கொண்டு முறையாக எங்கள் வாசலுக்கு வந்து நின்று, "ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் எங்கட பக்கம் சாப்பிட வாங்கோ. ஒரு நல்ல விசயம் கதைக்கவேணும்" என்றார்.

அவர் போனதும் அப்பா வேட்டியை இஸ்திரி போடச் சொன்னார். "இத்தனை நாளு குடுத்து வாங்கினது வேற. இனிமே அவங்க சம்பந்தி ஆகப்போறவங்க. பேச்சு முடியிற வரைக்கும் அங்க கை நனைக்கப்படாது, தெரிஞ்சுக்க" என்று அம்மாவிடம் சொன்னார். அம்மா தலையாட்டினாள். பெண் கொடுக்கவோ எடுக்கவோ போகிற வீட்டில் காரியம் உறுதியாகும்வரை சாப்பிடக் கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். அது உலகத்துக்கே தெரிந்த வழக்கம் என்றுதான் அவர்கள் இருவரும் நம்பியிருந்தார்கள். மாமி வடைக்கு வாங்கி வைத்திருந்த உளுந்தைப் பார்த்துவிட்டு வந்திருந்த எனக்குத்தான் அந்தப் பேச்சு துக்கமாக இருந்தது.

அந்த ஞாயிறு மாமி விடியலிலிருந்தே அடுப்பங்கரையில் நின்றார். கத்தரிக்காய்ப் பால்கறி, வாழைக்காய்ப் பொரியல், பருப்பு, வடை, பாயசம். தனியாகச் சிரமப்படுகிறாரே என்று அக்காவும் தேங்காய் துருவிக் கொடுத்தாள். நாங்கள் போய் உட்கார்ந்ததும் வாழை இலைகளை விரித்தார்கள். அப்பா கையெடுத்துக் கும்பிட்டு, "இருக்கட்டுங்க. இன்னிக்கு வேணாம். இன்னொரு நாளைக்கு உங்க வீட்டுல சாப்பிடாமலா போகப்போறோம்?" என்றார். அந்த வாக்கியத்தில் எவ்வளவு சந்தோஷம் இருந்தது என்று எனக்குத் தெரியும். அப்பா அப்படிக் குழைந்து பேசி நான் கேட்டதே இல்லை.

மாமாவின் முகம் மாறியது. "ஒரு வாய் சாப்பிடலாமே" என்றார். "வேணாங்க" என்றார் அப்பா. மாமி பாயசத்தை மட்டும் கொண்டுவந்து நீட்டினார். அம்மா அதை வாங்காமல், எழுந்து நின்று சிரித்தாள். தண்ணீர் வந்தது, அதையும் அப்பா தொடவில்லை. அப்போதுதான் சமையலறை வாசலில் நின்றிருந்த அக்கா, யாரும் எதிர்பாராதபடி கூடத்துக்குள் வந்து, அந்த டம்ளரை எடுத்து அப்பாவுக்கு நேராக நகர்த்தி வைத்தாள். "அப்பா, ஒரு வாய் தண்ணியாவது குடிங்கப்பா" என்றாள். அப்பா நிமிர்ந்து அவளைப் பார்த்த பார்வையில் அவள் அப்படியே பின்வாங்கிப் போய்விட்டாள்.

அதன் பிறகு மாமா மழையைப் பற்றிப் பேசினார். அப்பா துறைமுகத்தில் கப்பல்கள் காத்துக்கிடப்பதைப் பற்றிப் பேசினார். பெண்ணைப் பெற்றவர் தானாக வாயெடுக்கக் கூடாது என்பதால், மாமா அந்த நல்ல விஷயத்தைத் தொடங்குவார் என்று அப்பா காத்திருந்தார். மாமா தொடங்கவே இல்லை. இலைகள் காலியாகவே வாடிக்கொண்டிருந்தன. கடைசியில் அப்பா, "அப்ப நாங்க வர்றோம்" என்று எழுந்தார். மாமா தடுக்கவில்லை.

எங்கள் பக்கம் வந்ததும் முதல் அடி அக்காவுக்குத்தான், வார்த்தையால். "பொம்பளப் புள்ளை சபையில வந்து தண்ணியை நீட்டுறா. அதைப் பாத்துத்தான் அவங்க பேச்சையே எடுக்கல. வெக்கமா இல்ல?" என்றார் அப்பா. அம்மா மெல்ல, "நான் வேணா அக்காகிட்ட என்னன்னு கேக்கட்டுமா?" என்றாள். "பொண்ணு வச்சிருக்கோம்னு கெஞ்சப் போறியா? கூப்பிட்டு உக்கார வச்சு வாயை மூடிக்கிட்டாங்க. இதுக்கு மேல என்ன மரியாதை வேணும்?" என்றார். எதற்கெடுத்தாலும் தப்பா எடுத்துக்காதீங்க என்று சொல்லிக்கொண்டிருந்த வீட்டில், அதைச் சொல்லியே ஆகவேண்டிய அந்த ஒருநாளில் அதைச் சொல்ல ஆள் இல்லாமல் போய்விட்டது.

கிண்ணங்கள் மாறுவது நின்றது. மாமி சமைத்து முடித்த பிறகே அம்மா அடுப்பங்கரைக்குப் போனாள். மிளகாய்த்தூள் வறுக்கும் வாசனை முன்போலவே வந்தது, நான் முன்போலவே தும்மினேன், ஆனால் தடுப்புக்கு அந்தப் பக்கம் அந்தச் சொல் கேட்கவில்லை. அதை ஊரில் உள்ள எல்லோர் மேலும் ஒட்டிப் பார்த்த மனிதர், தன் மேல் ஒரு தடவை ஒட்டிப் பார்த்திருக்கலாம். சில மாதங்களில் அரசாங்கக் குடியிருப்பில் வீடு கிடைத்து அவர்கள் போய்விட்டார்கள். லாரி கிளம்பும்போது யோகன் மட்டும் மேலே வந்து, பொதுவாக எல்லோரையும் பார்த்து, "போயிட்டு வாறன்" என்றார். அக்கா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள், தலை நிமிரவில்லை.

அவளை அவசர அவசரமாக ஜொகூரில் ஒரு தோட்டத்து மேற்பார்வையாளருக்குக் கட்டிக்கொடுத்தார்கள். மனைவியை இழந்தவர், தூரத்து உறவு. அவரைப் பற்றிக் குறையாகச் சொல்ல ஒன்றுமில்லை, நிறைவாகச் சொல்லவும் ஒன்றுமில்லை. பிள்ளைகள் பிறக்கவில்லை. அப்பா சாகும்வரை அந்த ஞாயிற்றுக்கிழமையை மன்னிக்கவில்லை, அக்காவையும்தான்.

வெகுகாலம் கழித்துச் சிராங்கூன் சாலைக் கோயில் ஒன்றில் மாமியைப் பார்த்தேன். மாமா காலமாகியிருந்தார். யோகன் ஊரில் பெண்ணெடுத்து, குடும்பத்தோடு ஆஸ்திரேலியாவுக்குப் போய்விட்டார். கொஞ்ச நேரம் சுகம் விசாரித்துவிட்டு, நெடுநாள் அடக்கி வைத்திருந்தவராக மாமியே தொடங்கினார்.

"அண்டைக்கு உங்கட அப்பா எங்கட வீட்டில தண்ணிகூடக் குடிக்கேல்லை பிள்ளை. எங்கட ஊரில ஒரு வீட்டில கை நனைக்க மாட்டம் எண்டால், நீங்கள் எங்களுக்குக் கீழ் எண்டு முகத்தில அடிச்ச மாதிரி. அடுப்படியில குடுத்து வாங்கலாம், பந்தியில ஒண்டா இருக்க ஏலாது எண்டுதானே அதுக்கு அர்த்தம்? பிறகு எப்பிடிப் பொம்பிளை கேக்கிறது?"

நான் எங்கள் வழக்கத்தைச் சொன்னேன். சம்பந்தியாக ஏற்றுக்கொண்டதால்தான் அப்பா சாப்பிடவில்லை என்றேன். மாமி என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். "எங்களுக்கு ஆர் சொன்னது? ஆர் சொன்னது?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார். உண்மை தெரிந்துவிட்டால் மனம் ஆறிவிடும் என்பதெல்லாம் சும்மா. அன்றைக்கு நான் வீட்டுக்கு வந்தபோது, எனக்கு இருந்த வருத்தம் கூடித்தான் இருந்தது.

அந்த மாடி இப்போது சிறு ஹோட்டல். பலகைத் தடுப்புகளைப் பெயர்த்துவிட்டு, குளிர்சாதன அறைகளாக்கி, சமையலறை இருந்த இடத்தில் துணி வெளுக்கும் இயந்திரங்களை வைத்திருக்கிறார்கள். மிளகாய் வறுத்தால் தும்முவதற்கு அங்கே யாரும் இல்லை. சின்னத்துரை மாமாவின் சொல்லை அவருக்குப் பிறகு யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. அந்தச் சொல்லில் எனக்கு ஒரு மனக்குறை உண்டு: தப்பாகப் புரிந்துகொள்பவர்களுக்கு அது பொருந்தும், சரியாகப் புரிந்துகொண்டும் பேச முடியாமல் போனவளுக்கு அந்த அகராதியில் நான் எதையும் கண்டுபிடிக்கவில்லை.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், கணவர் இறந்த பிறகு அக்கா கிளமெண்டியில் என்னோடு வந்து இருக்கிறாள். மாமி சொன்னதை அவளிடம் சொல்ல எனக்கு மனம் வரவே இல்லை. சென்ற ஆண்டு ஒரு பிற்பகல், கீரை ஆய்ந்துகொண்டிருந்தபோது, எப்படியோ வாய் தவறிச் சொல்லிவிட்டேன். அவள் கை நிற்கவில்லை.

"தெரியும்டி" என்றாள்.

"யார் சொன்னா?"

"யாரு சொல்லணும்? அவங்க கூடவே நின்னு சமைச்சவ நான். அவங்க ஊர் வழக்கத்தை மாமி கதை கதையாச் சொல்லுவாங்க. நம்ம வழக்கமும் எனக்குத் தெரியும். ரெண்டும் தெரிஞ்சது அந்த வீட்டுல எனக்கு மட்டுந்தான். அப்பா இலையைத் தொடலன்னதும் மாமா முகத்தைப் பாத்தேன், புரிஞ்சுபோச்சு."

"அப்பவே சொல்லியிருக்கலாமேக்கா!"

"எப்படிடி சொல்றது? எனக்குக் கல்யாணம் பண்ணி வைங்கன்னு நானே நடுக்கூடத்துல நின்னு கேக்கவா? அதான் தண்ணி எடுத்து வச்சேனே" என்றாள். ஒரு இலையைக் கிள்ளிப் போட்டுவிட்டு, "அப்பா ஒரு வாய் குடிச்சிருந்தாப் போதும்" என்றாள்.

பிறகு கீரைத் தண்டுகளை ஒதுக்கி வைத்துவிட்டு எழுந்து போனாள். எங்கள் வீட்டுக்கு யார் வந்தாலும், குழாய் பழுது பார்க்க வருகிறவரானாலும், அவள் முதலில் தண்ணீர் கொண்டுவந்து வைப்பாள். அவர்கள் குடிக்கும்வரை பக்கத்திலேயே நிற்பாள். வயதானவர்களுக்கு வரும் பழக்கம் என்றுதான் இவ்வளவு நாளும் நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.