குவாங்சோவில் நாங்கள் சாப்பிட்ட வீடு

இதை எழுதலாமா என்று அவளிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். யாருடைய பெயரும் வேண்டாம், நிறுவனத்தின் பெயரும் வேண்டாம் என்றாள். முதல் தடவை எழுதியபோது நான் கேட்கவில்லை.

இரண்டு வருடங்களுக்கு முன் அம்மா யாழ்ப்பாணத்திலிருந்து நியூசிலாந்தின் ஒக்லாந்துக்கு வந்து, தகனினியில் எங்கள் வீட்டில் ஆறு மாதம் நின்றார். விசா முடிகிற நேரம் அவரைத் தனியே அனுப்ப எனக்கு மனம் வரவில்லை. வலது முழங்கால் வீங்கியிருந்தது, சீனி வருத்தமும் இருந்தது. நானே கொண்டுபோய் விட்டுவிட்டு வருகிறேன் என்று கணவரிடமும் மகளிடமும் சொல்லிவிட்டுப் புறப்பட்டேன். கிடைத்த டிக்கெட் சீனாவின் குவாங்சோ வழியாகப் போவது. விடியற்காலையில் அங்கே இறங்கினால் கொழும்பு விமானம் மாலையில்தான். அவ்வளவு நேரமும் அம்மாவை விமான நிலையக் கதிரையில் இருத்தி வைக்க முடியாது. அதனால் இணையத்தில் தேடி, ஒரு வழிகாட்டி, ஒரு கார், ஒரு ஓட்டுநர், எல்லாம் எங்கள் இருவருக்கு மட்டும் என்று ஒரு நாள் சுற்றுலா பதிவு செய்தேன்.

வழிகாட்டிக்கு என் வயதுதான் இருக்கும், நாற்பத்தைந்து. விமான நிலைய வாசலில் என் பெயர் எழுதிய அட்டையோடு நின்றாள். அம்மா நடந்து வருகிற விதத்தைப் பார்த்ததும் அட்டையை மடித்துக் கைப்பையில் வைத்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் வந்து அவருடைய கையைப் பிடித்துக்கொண்டாள். ஓட்டுநர் மெலிந்த, அதிகம் பேசாத மனிதர். ஆங்கிலம் தெரியாது. அம்மாவுக்காக முன் ஆசனத்தைப் பின்னுக்குத் தள்ளி, கால் நீட்ட இடம் செய்து கொடுத்தார்.

காலையில் பழைய காலத்துப் பெரிய மாளிகை ஒன்றைப் பார்த்தோம். அதன் கூரை முகட்டில் வரிசையாக மண்பொம்மைகள் இருந்தன. அம்மா முற்றத்துக் கல் இருக்கையில் இருந்து அண்ணாந்து பார்த்துவிட்டு, எங்கட கோயில் கோபுரம் மாதிரி இருக்கு என்றார். நான் அதை ஆங்கிலத்தில் சொன்னதும் வழிகாட்டி உங்கள் ஊர்க் கோபுரத்தைக் காட்டுங்கள் என்று கேட்டாள். என் தொலைபேசியில் இருந்த படத்தை விரலால் பெரிதாக்கி ஒவ்வொரு பொம்மையாகப் பார்த்தாள். பிறகு ஆற்றங்கரை. அதற்குள் அம்மாவின் முழங்கால் சூடாகிவிட்டது.

மதியச் சாப்பாடு நிகழ்ச்சி நிரலில் குறித்திருந்த ஒரு பெரிய உணவகத்தில். அன்று வெள்ளிக்கிழமை. அம்மா வெள்ளிக்கிழமைகளில் மரக்கறி மட்டும்தான். அதை நான் முன்கூட்டியே எழுதி அனுப்பியிருந்தேன். ஆனால் வந்த கீரையில் பன்றி இறைச்சித் துண்டுகள் கிடந்தன. திருப்பி அனுப்பினோம். இரண்டாவது தட்டில் இறைச்சி இல்லை, இறைச்சி வாசம் இருந்தது.

"எனக்கு ஒண்டும் வேண்டாம் பிள்ளை. தேத்தண்ணி காணும்" என்றார் அம்மா. அவர் காலையிலேயே சீனிக்கு மாத்திரை போட்டிருந்தார். பத்து நிமிடத்தில் நெற்றி வியர்த்து, கை நடுங்கத் தொடங்கியது.

வழிகாட்டி தன் பையிலிருந்து ஒரு இனிப்பை எடுத்து அம்மாவின் வாயில் வைத்தாள். பிறகு வெளியே போய் ஓட்டுநரிடம் ஏதோ பேசினாள். திரும்பி வந்து, என் வீடு பக்கத்தில்தான், நிலத்தளம், படி கிடையாது, வருகிறீர்களா என்று கேட்டாள்.

பழைய தொடர்மாடிக் கட்டடம் அது. ஒரு அறை, அதோடு சேர்ந்த சின்ன ஹால். அம்மாவைக் கட்டிலில் சாய்த்து, முழங்காலுக்கு ஈரத்துணி சுற்றினாள். அப்போதுதான் கவனித்தேன். ஓட்டுநர் வாசலில் சப்பாத்தைக் கழற்றிவிட்டு, யாரும் காட்டாமலே ஒரு சோடி செருப்பை எடுத்து மாட்டிக்கொண்டு குசினிக்குள் போனார். அரிசி கழுவுகிற சத்தம் கேட்டது. நான் அவளைப் பார்த்தேன். அவள் முகம் சிவந்துவிட்டது.

அவர் அவளுடைய கணவர். கணவனும் மனைவியும் ஒரே காரில் வேலை செய்ய நிறுவனம் விடுவதில்லை. பதிவேட்டில் அவருடைய ஊர் முகவரியைக் கொடுத்திருந்தார்கள். விருந்தினரை வீட்டுக்குக் கூட்டிவருவதும் தடைதான். நாள் முழுவதும் ஒன்றாக இருக்கிற ஒரே வழி இது என்று சொல்லிச் சிரித்தாள்.

அவர் பூசணியும் நிலக்கடலையும் போட்டுக் கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்தார். அம்மா இரண்டு கோப்பை குடித்தார். "கச்சான் போட்ட கஞ்சி நான் குடிச்சதே இல்லை" என்று அவருக்குத் தமிழிலேயே சொன்னார். அவர் தலையை ஆட்டினார்.

விமான நிலையத்தில் விடைபெறும்போது வழிகாட்டி என்னைக் கொஞ்சம் தள்ளி அழைத்துப் போனாள். "வீட்டுக்கு வந்ததை மட்டும் யாருக்கும் சொல்லாதீர்கள். அவரைப் பற்றியும்" என்றாள். சொல்லமாட்டேன் என்றேன். அவளுடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு சொன்னேன்.

அம்மாவை யாழ்ப்பாணத்தில் அண்ணா வீட்டில் விட்டுவிட்டு நான் ஒக்லாந்துக்குத் திரும்பிய வாரம், சுற்றுலா நிறுவனத்திலிருந்து மின்னஞ்சல் வந்தது. உங்கள் அனுபவத்தை எழுதுங்கள் என்று. மறந்துபோய் எழுதிவிட்டேன் என்று பின்னாட்களில் எனக்கு நானே பலமுறை சொல்லிப் பார்த்தேன். அது உண்மை இல்லை. எழுதத் தொடங்கும்போதே அவள் சொன்னது நினைவில் இருந்தது. முதலில் கஞ்சி இல்லாமல்தான் எழுதினேன். மாளிகை, ஆறு, நல்ல கார், அன்பான வழிகாட்டி. வாசித்துப் பார்த்தால் யாரும் எழுதக்கூடியதாக இருந்தது. எனக்குக் கொஞ்சம் எழுத வரும் என்று நான் நினைத்துக்கொண்டிருப்பவள். ஓட்டுநர் செருப்பை மாட்டிக்கொண்டு குசினிக்குள் போன அந்தக் காட்சி கையில் இருக்கும்போது அதை விட்டுவிட்டு எழுத முடியவில்லை.

பெயர் போடவில்லையே என்று சமாதானம் சொன்னேன். புகழ்ந்துதானே எழுதுகிறேன், புகழ்ச்சியால் யாருக்கு என்ன கேடு வரும் என்றும் நினைத்தேன். பயணத் தேதியும் பதிவு எண்ணும் அந்தப் பக்கத்திலேயே தானாக ஏறியிருக்கும் என்று யோசிக்கவில்லை. யோசிக்க விரும்பவில்லை என்பதுதான் சரி.

மகள் வாசித்துவிட்டு, "மம், திஸ் இஸ் சோ ஸ்வீட்" என்றாள். அதைத் தமிழில் கொஞ்சம் விரித்து இங்குள்ள தமிழர்களின் வாட்சப் குழு ஒன்றிலும் போட்டேன். நிறையப் பேர் பாராட்டினார்கள். ஒரு வாரம் அந்தச் சந்தோஷத்தில் இருந்தேன்.

நான் வேலை செய்வது பாட்டனி டவுன்ஸில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில். என்னோடு வேலை செய்கிற மலேசியப் பெண் ஒருத்தி நான்கு மாதம் கழித்துப் பினாங்குக்குப் போகத் திட்டமிட்டாள். அவளும் குவாங்சோ வழிதான். நான் எழுதியதை வாசித்திருந்ததால் அதே வழிகாட்டியும் அதே ஓட்டுநரும்தான் வேண்டும் என்று நிறுவனத்துக்கு எழுதினாள். ஒரு நாள் காலை, கடை திறந்து கண்ணாடிச் சட்டங்களைத் துடைத்துக்கொண்டிருந்தபோது தொலைபேசியைப் பார்த்தபடி வந்தாள்.

"அக்கா, அந்த ரெண்டு பேரும் இப்போ அங்க வேலை செய்யலையாம். வேற ஆள் தாராங்களாம்."

எப்போதிருந்து என்று கேட்டேன். அது தெரியல அக்கா என்றாள். எனக்குத் தெரிந்துவிட்டது. அன்று ஒரு முதியவருக்கு வேறொருவருடைய கண்ணாடியை எடுத்துக் கொடுத்துவிட்டேன். அவர் அதைப் போட்டுக்கொண்டு கதவுவரை போய்த் திரும்பி வந்தார்.

சீனர்கள் வாட்சப்புக்குப் பதிலாகப் பாவிக்கிற வீசாட்டில் வழிகாட்டியின் எண் என்னிடம் இருந்தது. கடைசியாக அவள், அன்று எடுத்த என் அம்மாவின் படங்களை அனுப்பியிருந்தாள். நான் பெருவிரல் படம் ஒன்றைப் பதிலாக அனுப்பியிருந்தேன். அதற்குக் கீழே, நான் எழுதியதாலா உங்கள் வேலை போனது என்று கேட்டேன். இரண்டு நாள் பதில் இல்லை. மூன்றாம் நாள் மதியம் வந்தது.

ஆமாம் என்று எழுதியிருந்தாள். அலுவலகத்தில் ஒருவர் அதைக் கணவருக்கும் அவளுக்கும் முன்னால் வாசித்துக் காட்டினாராம். மிக அழகாக எழுதியிருக்கிறார் என்றும் சொன்னாராம். கணவர் இப்போது வேறு நகரத்தில் லாரி ஓட்டுகிறார், மாதத்துக்கு ஒருமுறை வருவார். அவள் துணி மொத்த விற்பனைச் சந்தையில், வெளிநாட்டு வியாபாரிகளோடு ஆங்கிலம் பேச ஆள் தேவைப்படுகிற ஒரு கடையில் நிற்கிறாள். கடைசி வரியில் அம்மாவின் முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்டிருந்தாள்.

அவள் என்னைத் திட்டியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும்.

நான் எழுதியதை நீக்கினேன். நிறுவனத்துக்கு ஒரு கடிதம் எழுதினேன். வீட்டுக்குப் போனது என் வற்புறுத்தலால், ஓட்டுநரைக் கணவர் என்று நானாகத்தான் தவறாக நினைத்துக்கொண்டேன் என்று பொய் எழுதினேன். உங்கள் அக்கறைக்கு நன்றி, அடுத்த பயணத்துக்கு உங்களுக்கு விலைக்கழிவு உண்டு என்று பதில் வந்தது.

அம்மாவுக்கு நான் சொல்லவில்லை. ஆனால் தொலைபேசியில் கதைக்கிற ஒவ்வொரு முறையும் அவர் கேட்பார். அந்தச் சீனத்துப் பிள்ளை சுகமாக இருக்கிறாளா, அந்தத் தம்பி சுகமா. நல்ல சுகம் என்று எட்டு மாதம் சொல்லிக்கொண்டிருந்தேன். ஒரு நாள், அந்தத் தம்பிக்கு ஒரு பனங்கட்டிப் பெட்டி அனுப்ப விலாசம் கேட்டு வாங்கு என்றார். அதற்குமேல் என்னால் முடியவில்லை. எல்லாவற்றையும் சொன்னேன்.

அம்மா முதலில் கேட்டது இதுதான்.

"நீ சொல்லமாட்டன் எண்டு சொன்னனியெல்லே?"

"ஓம் அம்மா."

"பிறகு ஏன் எழுதினனி?"

அதற்கு நான் சொன்ன பதில் எனக்கே கேட்க வெட்கமாக இருந்தது. நல்லாய் இருந்தது அம்மா, அதுதான் எழுதினேன் என்றேன். அம்மா, நான் அவளோட கதைக்க வேணும், நீ எடுத்துத் தா என்றார்.

ஒரு சனிக்கிழமை மாலை நான்கு மணிக்கு ஒழுங்கு செய்தேன். குவாங்சோவில் அது முற்பகல், யாழ்ப்பாணத்தில் காலை. அம்மாவிடம் இருந்தது வாட்சப், வழிகாட்டியிடம் இருந்தது வீசாட். குசினி மேசையில் என் தொலைபேசியை அரிசி டின்னில் சாய்த்து அவளை அதில் வைத்தேன். எதிரே மகளின் டேப்லட்டில் அம்மா. இருவரும் ஒருவரையொருவர் பார்க்கும்படி திருப்பி வைத்துவிட்டு, நடுவில் நான் இருந்தேன்.

முதலில் சுகம் விசாரித்தார்கள். பிறகு அம்மா என்னைப் பார்க்காமல், அவளைப் பார்த்தே சொன்னார். "என்ர மகள் பிழை விட்டிட்டாள். தான் சொன்ன சொல்லைக் காப்பாத்தேல்லை. நான் மன்னிப்புக் கேக்கிறன் எண்டு சொல்லு."

இதை நான்தான் ஆங்கிலத்தில் சொல்ல வேண்டும். "அம்மா மன்னிப்புக் கேட்கிறார்" என்று மட்டும் சொல்லி முடித்துவிட ஒரு கணம் நினைத்தேன். அம்மாவுக்கு ஆங்கிலம் கொஞ்சம் விளங்கும். முழுவதையும் சொன்னேன்.

"இரண்டு வாரம் உங்கள் மகளோடு கோபமாக இருந்தேன்" என்றாள் அவள். "பிறகு வேலை தேட வேண்டியிருந்தது. கோபப்பட நேரம் கிடைக்கவில்லை."

அதையும் அம்மாவுக்குத் தமிழில் சொன்னேன். அம்மா தலையசைத்தார். அந்தத் தம்பி எங்கே என்று கேட்டார். அன்று அவர் வீட்டில் இருக்கிற நாள். பின்னால் தொலைக்காட்சிச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. அவள் திரும்பி, அறைப் பக்கம் பார்த்து ஏதோ கேட்டாள். உள்ளிருந்து ஒற்றைச் சொல்லில் பதில் வந்தது.

"அவர் வரமாட்டாராம்" என்றாள் அவள். "உங்கள் அம்மாவோடு அவருக்குக் கோபம் இல்லை. அதையும் சொல்லுங்கள்."

சொன்னேன். யாரோடு கோபம் என்று அம்மா கேட்கவில்லை. "அது நியாயம்தானே" என்றார். பிறகு தன் முழங்காலைக் கமராவுக்குக் காட்டி, வீக்கம் எவ்வளவு வற்றியிருக்கிறது என்று அவளுக்குச் சொல்லச் சொன்னார். இருவரும் அதைப் பற்றிக் கால் மணி நேரம் கதைத்தார்கள். எந்த எண்ணெய், சூடா குளிரா, எத்தனை தரம் பூசுவது. நான் இடையில் இருந்து சொல்லுக்குச் சொல் மாற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

இப்போது மாதத்தில் ஒரு சனிக்கிழமை அவர்கள் இருவரும் கதைக்கிறார்கள். நான் மொழிபெயர்க்கிறேன். அந்த மனிதர் ஒருமுறையும் வரவில்லை. அவர் வீட்டில் இருக்கிற சனிக்கிழமைகளில் அறைக் கதவு சாத்தியிருக்கும். அம்மா இப்போது அவரைக் கேட்பதில்லை. நான் மட்டும் ஒவ்வொரு முறையும் அவளுடைய தோளுக்குப் பின்னால் தெரிகிற அந்தக் கதவைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.