கிள்ளான் பேயின் குரல்

என் சித்தி பேயாக நடித்தவள். அப்போதெல்லாம் அதை வெளியே சொல்ல எங்கள் வீட்டில் எல்லாருக்கும் கூச்சம். எங்கள் ஊர் கிள்ளானிலிருந்து கொஞ்ச தூரத்தில், பந்திங் பக்கம் ஒரு செம்பனைத் தோட்டத்தில் எடுத்த படம். காதலித்த பெண்ணை லோரிக்காரன் லோரி ஏற்றிக் கொல்கிறான், அவள் வெள்ளைச் சேலையில் திரும்பி வருகிறாள். அவ்வளவுதான் கதை. தியேட்டரில் ஒரு வாரம்கூட ஓடவில்லை.

படத்தில் சித்தி வாயைத் திறந்தால் வேறு ஒருத்தியின் குரல் வரும். வார்த்தைக்கு வார்த்தை 'லா' போடும் எங்கள் கிள்ளான் தமிழில் பேய் பேசினால் சனங்கள் சிரிப்பார்கள் என்று இயக்குநர் சென்னையில் ஆள் பிடித்து டப்பிங் செய்துவிட்டார். சித்தியிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. தியேட்டரில் உட்கார்ந்த பிறகுதான் அவளுக்கே தெரிந்தது. அந்த அயோக்கியத்தனத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. அப்போது சின்னப் பிள்ளை நான், செத்தவர்களுக்கெல்லாம் சுத்தமான தமிழ் வந்துவிடும் என்று நம்பினேன்.

தோற்ற படம் எப்படியோ பிழைத்துக்கொண்டது. கல்லூரிப் பிள்ளைகள் சிடியில் பார்த்துப் பார்த்து வசனங்களை மனப்பாடம் செய்தார்கள். பிரிக்பீல்ட்ஸில் ஒரு மண்டபம் எடுத்து மறுபடி திரையிட ஏற்பாடு செய்து, சித்தியையும் அழைத்தார்கள்.

"கேலி பண்ணத்தான் கூப்பிடுறானுங்க. போகாத" என்றார் அப்பா.

"பண்ணட்டும் மாமா. ஒரு தடவையாவது அந்தப் பேய் என் குரல்ல பேசணும்" என்று சொல்லிவிட்டு, சித்தி என்னைக் கூட்டிக்கொண்டு ரயில் ஏறினாள்.

மண்டபத்தில் மீசை வைத்த பையன்கள்கூட வெள்ளைச் சேலை கட்டி நின்றார்கள். கேலிதான் என்று நினைத்து ஒருவனின் காலை நன்றாக மிதித்தேன். அவன் காலைத் தேய்த்துக்கொண்டே, "ஆன்டி, நீங்கதானே பேய்? ஒரு செல்ஃபி எடுத்துக்கலாமா?" என்றான்.

இயக்குநர் மைக்கோடு முன்வரிசையில் இருந்தார். "நீ சும்மா கையை ஆட்டிட்டு உக்காரும்மா. பேசறதை நான் பாத்துக்கறேன்" என்றார்.

கடைசிக் காட்சி வந்தது. லோரிக்காரன் ஓட, பேய் துரத்துகிறது. சித்தி எழுந்தாள். கணினி பக்கத்தில் இருந்த பையனிடம், "தம்பி, சத்தத்தை அடைச்சிடு" என்றாள். இயக்குநர் கையிலிருந்த மைக்கைப் பிடுங்கினாள்.

"டேய், எங்கடா ஓடுற? லோரி இருக்குல்ல, ஏறிக்கோ. நான் நடந்தே வரேன் லா."

 மண்டபம் மொத்தமாக எழுந்து நின்றது. "நடந்தே வரேன் லா" என்று கூரை அதிரக் கத்தினார்கள். அந்தக் காட்சியை மறுபடி மறுபடி போடச் சொல்லி, ஒவ்வொரு முறையும் அவளையே பேச வைத்தார்கள்.

வாசலில் இயக்குநர் ஓடிவந்தார். "அடுத்த படத்துலயும் நீதாம்மா. டப்பிங் மட்டும் வழக்கம்போல..."

"என் மூஞ்சி வேணும்னா என் குரலும் சேர்ந்துதான் வரும், பாஸ். இல்லன்னா அந்தக் குரலுக்கே சேலை கட்டி ஓட விடுங்க."

இன்றைக்கு அவள் இல்லாத தொடர் இல்லை. எல்லாவற்றிலும் அதே கிள்ளான் பேச்சு. அவளைக் கண்டுபிடித்ததே தான்தான் என்று அந்த இயக்குநர் மேடை மேடையாகச் சொல்லித் திரிகிறார். வெட்கம் கெட்ட மனிதர்.

ஆனால் அன்று ரயிலில் எனக்குச் சித்தி மேல்தான் கோபம். "கைக்கு வந்த படத்தை விட்டுட்டியே சித்தி" என்றேன். பெட்டியே திரும்பிப் பார்க்கும்படி அவள் சிரித்தாள். வேலையை உதறிவிட்டு வந்தவள், வேலை கிடைத்தவள் மாதிரி ஏன் சிரிக்கிறாள் என்று கிள்ளான் வந்து சேரும்வரை எனக்கு விளங்கவே இல்லை.